தண்ணீர் மீது ஒரு புகார் மனு

அனுப்புநர்
சொத்து வரி பாக்கியில்லாத ஒரு பாதசாரி,
முன்னாள் ஏரியின் உள்வாய்,
தியாகராய நகர், சென்னை.

பெறுநர்
உயர்திரு அதிகாரி அவர்கள்,
சென்னையின் ஓடைகள், கால்வாய்கள், காணாமற்போன ஏரிகள் ஆகியவற்றுக்குப் பொறுப்பான துறை
(அது எந்தத் துறை என்பதைத் தாங்களே கலந்து பேசி முடிவு செய்துகொள்ளவும்).

பொருள்: நகருக்குள் தண்ணீர் ஆண்டுதோறும் அத்துமீறி நுழைந்து தங்குவது – தக்க நடவடிக்கை கோருதல் – தொடர்பாக.

பார்வை: 1. டிசம்பர் 2015 பெருவெள்ளம். 2. நவம்பர் 2021 மழை. 3. டிசம்பர் 2023 மிக்ஜாம் புயல்.

ஐயா / அம்மா,

வணக்கம். எனக்கு நடக்கிற பழக்கம் உண்டு. பூங்காவைச் சுற்றி வருகிற நடை இல்லை. இந்த ஊரில் தண்ணீர் முன்பு போன தடத்தைப் பிடித்துக்கொண்டு, அது எங்கே போய் முடிகிறது என்று பார்க்கிற நடை. இதற்குப் பழைய வரைபடம் ஒன்று, கெட்டாலும் கவலையில்லாத செருப்பு, வேலை செய்கிற மூக்கு, இவ்வளவு போதும். அப்படி நடந்ததில் சட்டவிரோதச் செயல் ஒன்று என் கண்ணில் பட்டது. பொறுப்புள்ள குடிமகன் என்ற முறையில் தங்களிடம் முறையிடுகிறேன்.

எதிர்மனுதாரர் பெயர் தண்ணீர். தொழில், பள்ளத்தை நோக்கிப் போவது. நிரந்தர முகவரி இருந்தது. அதை நாம் ரத்து செய்து நூறாண்டு ஆகிறது.

வழக்கின் வரலாறு வருமாறு. மவுண்ட் ரோட்டுக்கு மேற்கே, நுங்கம்பாக்கத்திலிருந்து சைதாப்பேட்டைப் பக்கம் வரை பிறை வடிவில் நீண்டு கிடந்தது ஓர் ஏரி. ஆங்கிலேயர் வரைபடத்தில் அதன் பெயர் லாங் டேங்க். மவுண்ட் ரோடே அதன் கிழக்குக் கரையோரமாகத்தான் போனது. வெள்ளைக்காரத் துரைமார்கள் அதில் படகுப் போட்டி நடத்தினார்கள். 1920-களில் நகரத்துக்கு இடம் போதவில்லை. ஏரியை வடித்து, மேடாக்கி, மனை பிரித்தார்கள். நீதிக்கட்சித் தலைவர் பிட்டி தியாகராயர் பெயரை நகருக்கும், முதலமைச்சராக இருந்த பனகல் அரசர் பெயரைப் பூங்காவுக்கும் வைத்தார்கள். எல்லாம் முறைப்படி நடந்தது. தண்ணீருக்கு மட்டும் நோட்டீஸ் போகவில்லை. அதனால் அது இன்றுவரை சுவாதீனத்தை ஒப்படைக்கவில்லை.

தியாகராய நகரில் இன்று ஒரு கிரவுண்டு என்ன விலை என்பது தங்களுக்குத் தெரியும். அங்கே எதிர்மனுதாரர் வாடகையும் முன்பணமும் இல்லாமல் மழைக்கு மழை வந்து தங்குகிறார். துரைசாமி சுரங்கப்பாதையும் அரங்கநாதன் சுரங்கப்பாதையும் அவருக்குப் பிடித்த இடங்கள். 2021 நவம்பரில் ஜி.என். செட்டி சாலையிலேயே குடியேறிவிட்டார். காலி செய்ய வைக்க மோட்டார் வைத்து இறைக்க வேண்டியதாயிற்று.

நுங்கம்பாக்கம் ஏரியின் கதையும் இதுதான். 1976-இல் திறக்கப்பட்ட வள்ளுவர் கோட்டம் நிற்பது அந்த ஏரி கிடந்த நிலத்தில். அங்கே 1330 குறளும் கல்லில் பொறிக்கப்பட்டுள்ளன. கடவுள் வாழ்த்து முடிந்த கையோடு வருகிற அதிகாரம் வான்சிறப்பு. மழை தங்கிய இடத்தைத் தூர்த்து, அதே இடத்தில் மழையைப் புகழும் பத்துக் குறளைக் கல்வெட்டாக்கிய நிர்வாகத் திறன் வேறு எந்த ஊருக்கும் வாய்க்காது. இந்தக் கல்வெட்டை எதிர்மனுதாரர் அழைப்பிதழ் என்று நினைத்துக்கொண்டாரோ என்பது என் ஐயம்.

அவருக்குச் சாதகமான ஆவணங்கள் இன்னும் ஊரெல்லாம் தொங்குகின்றன. வள்ளுவர் கோட்டத்துக்குப் பக்கத்தில் டேங்க் பண்ட் ரோடு, மேற்கு மாம்பலத்தில் லேக் வியூ ரோடு, சேத்துப்பட்டுப் பக்கம் ஸ்பர் டேங்க் ரோடு. கரை இருக்கிறது, காட்சி இருக்கிறது, ஏரியை மட்டும் காணோம். வழக்கு நீதிமன்றம் போனால் இந்தப் பெயர்ப்பலகைகள் நமக்கு எதிராகச் சாட்சி சொல்லும். உடனே கழற்றிவிடுவது நல்லது.

பாராட்ட வேண்டியதையும் பாராட்டிவிடுகிறேன். வள்ளுவர் கோட்டம் பக்கம் தொடங்கும் மாம்பலம் கால்வாய், தியாகராய நகரைக் கடந்து, சி.ஐ.டி. நகர், நந்தனம் வழியாக அடையாற்றில் சேர்கிறது. பட்டுப்புடவை வாங்க வருகிற ஆயிரம் பேரை நிறுத்திக் கேளுங்கள், அப்படி ஒன்று ஓடுவது ஒருவருக்கும் தெரியாது. அவ்வளவு கச்சிதமாக மறைத்திருக்கிறீர்கள். ஆனாலும் நடப்பவன் கண்ணுக்குச் சில தடயங்கள் தப்புவதில்லை. சமதளமான தெருவின் நடுவே, காரணமில்லாமல் இரண்டு பக்கமும் இடுப்பளவுச் சுவர் நின்றால் அது பாலம். நேர்க்கோட்டில் போட்ட தெருக்களுக்கு இடையே ஒரு சந்து மட்டும் வளைந்து நெளிந்து போனால், அதை வரைந்தது நகரமைப்பு அதிகாரி அல்ல. மிதிக்காமலே சைக்கிள் உருண்டால் அந்தப் பக்கம் பள்ளம். பழைய வீட்டின் வாசல் தெருவைவிடத் தாழ்ந்தும், எதிரே புது வீட்டின் வாசல் ஐந்து படி உயர்ந்தும் இருந்தால் சந்தேகமே வேண்டாம். வேளச்சேரிக்காரர்கள் இன்னும் தெளிவானவர்கள். மழை எச்சரிக்கை வந்ததும் கார்களை மேம்பாலத்தில் கொண்டுபோய் நிறுத்திவிடுகிறார்கள். அவர்கள் வரைபடம் எதையும் பார்ப்பதில்லை.

இந்தப் புகாரை யாரிடம் கொடுப்பது என்பதிலும் எனக்குக் குழப்பம். பாடி, அண்ணா நகர் பக்கமிருந்து அயனாவரம், ஓட்டேரி, புளியந்தோப்பு என்று பத்துக் கிலோமீட்டருக்கு மேல் ஓடி, பேசின் பாலம் அருகே பக்கிங்காம் கால்வாயில் கலக்கிறது ஓட்டேரி நல்லா என்கிற ஓடை. அதன் கரையில் நின்று விசாரித்தால், மேலே இருக்கும் பாலம் ஒரு துறை, உள்ளே இருக்கும் தூர் ஒரு துறை, கலக்கிற கழிவுநீர் ஒரு துறை, ஓரத்துக் குப்பை ஒரு துறை, புறம்போக்குப் பதிவேடு இன்னொரு துறை. துறை பேதம் பாராமல் எல்லாருக்கும் சேவை செய்வது அங்கே கொசு மட்டும்தான்.

பக்கிங்காம் கால்வாயின் பெருமை தனி. அதன் முதல் துண்டு 1806-இல் எண்ணூர்ப் பக்கம் வெட்டப்பட்டது. 1876 முதல் 1878 வரை நீடித்த தாது வருஷப் பஞ்சத்தின்போது, பசியில் வந்த கூலிகள் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கிற துண்டை வெட்டினார்கள். உப்பும் விறகும் ஏற்றிய படகுகள் நகரின் நடுவே வந்து போயின. பிற்பாடு நாம் அந்தப் பள்ளத்துக்குள்ளேயே தூண்களை இறக்கி, மேலே பறக்கும் ரயிலை விட்டோம். திருவல்லிக்கேணி, கலங்கரை விளக்கம், திருமயிலை நிலையங்கள் எல்லாம் கால்வாயின் தலைமேல்தான் உட்கார்ந்திருக்கின்றன. வயிற்றுக்கில்லாதவன் வெட்டிய வாய்க்காலில், நிலம் வாங்கும் செலவில்லாமல் ரயில் ஓடுகிறது. இதில் எதிர்மனுதாரருக்கு என்ன குறை என்பது எனக்குப் புரியவில்லை.

ஆக்கிரமிப்பு விஷயத்தில் தங்கள் கண்டிப்பு ஊரறிந்தது. ஏரிகளைப் பாதுகாக்கவும் ஆக்கிரமிப்பை அகற்றவும் 2007-இல் தனிச் சட்டமே வந்தது. கூவம், அடையாற்றுக் கரையில் குடிசை போட்டிருந்தவர்களை, வெள்ளத்திலிருந்து காப்பாற்றுவதற்காகவே, கண்ணகி நகருக்கும் செம்மஞ்சேரிக்கும் பெரும்பாக்கத்துக்கும் அனுப்பினீர்கள். வேலைக்கும் பள்ளிக்கும் இருபது கிலோமீட்டர் தள்ளிப்போனாலும் உயிர் முக்கியமல்லவா? அந்த இடமெல்லாம் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தின் அக்கம்பக்கம். 2022-இல் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களின் ராம்சார் பட்டியலில் இடம்பெற்ற சதுப்புநிலம் அது. தென்சென்னை ஏரிகளின் உபரிநீர் போய்ச் சேருகிற இடமும் அதுதான். ஆகவே எதிர்மனுதாரர் அந்த ஏழைகளைத் தேடி அங்கேயும் போய்விட்டார்.

இதைத்தான் குறிப்பாகக் கண்டிக்க விரும்புகிறேன். நீர்நிலையில் ஓலைக்குடிசை நின்றால் ஆக்கிரமிப்பு; கண்ணாடி மாளிகை நின்றால் வளர்ச்சி. சின்னக் குழந்தைக்கும் தெரிகிற இந்த வித்தியாசம் தண்ணீருக்குத் தெரியவில்லை. இரண்டுக்குள்ளும் ஒரே மட்டத்தில் நுழைகிறது. இப்படிப் பாரபட்சம் காட்டாத ஒருவரை நம் நிர்வாகத்தில் எப்படி அனுமதிப்பது?

எனவே கீழ்க்கண்டவற்றுள் ஏதேனும் ஒன்றுக்கு ஆவன செய்ய வேண்டுகிறேன்.

ஒன்று: எதிர்மனுதாரருக்கு முறையான நோட்டீஸ் அனுப்பி, பழைய ஏரிகள் இப்போது இல்லை என்பதை எழுத்து மூலம் தெரிவித்து, ஒப்புகைச் சீட்டு பெறவும். வானத்தில் இருக்கும்போதே கொடுத்துவிடுவது நலம்.

இரண்டு: அது முடியாதென்றால், அனுபவ பாத்தியதையைக் கருதி அவருக்கே பட்டா வழங்கவும். நூறாண்டாக விடாமல் வந்து போகிறார். இந்த நகரில் அதைவிடக் குறைந்த ஆதாரத்துக்கே பட்டா கிடைத்திருக்கிறது.

மூன்று: இரண்டும் முடியாதென்றால், மூடிய ஒவ்வொரு கால்வாய்மேலும், தூர்த்த ஒவ்வொரு ஏரியின் எல்லையிலும், இங்கே தண்ணீர் இருந்தது, இந்த உயரம் வரை மறுபடி வரும் என்று ஒரு பலகை வைக்கவும். வீடு வாங்குகிறவனும், கட்ட அனுமதி தருகிறவனும் அதைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடட்டும். மிச்சமிருக்கிற வரத்துக்கால், மதகு, கலங்கல் இவற்றுக்கெல்லாம் ஒரே ஒரு துறையைப் பொறுப்பாக்கவும். இந்த மூன்றாவது கோரிக்கையில் மட்டும் பகடி எதுவும் இல்லை என்பதைத் தெளிவுபடுத்திக்கொள்கிறேன்.

வடகிழக்குப் பருவமழை அக்டோபரில் தொடங்கும். அதற்குள் பதில் வராவிட்டால் எதிர்மனுதாரர் தங்கள் அலுவலகத்திலேயே நேரில் ஆஜராக வாய்ப்புள்ளது. தரைத்தளத்துக் கோப்புகளை மாடிக்கு ஏற்றி வைக்கவும்.

இப்படிக்கு,
மாடியில் குடியிருக்கும் ஒரு பாதசாரி.

நகல்: எதிர்மனுதாரருக்கு அனுப்பத் தேவையில்லை. நம் எல்லாருடைய முகவரியும் அவரிடம் இருக்கிறது.