சிங்காநல்லூர் வட்டாரத்தில் பழைய டேப்லெட்டுக்கு ரெக்கவரி ஏற்றும் முறைமை: ஓர் ஆய்வு

இவ்வாய்வின் எல்லை: மேற்கே உப்பிலிபாளையம், கிழக்கே ஒண்டிப்புதூர், வடக்கே ரயில் பாதை, தெற்கே நொய்யல். இந்த எல்லைக்குள் பீரோவின் மேல்தட்டில், முடிந்துபோன கல்யாணப் பத்திரிகைகளுக்கு அடியில், ஒரு பழைய டேப்லெட் கிடக்காத வீடு அரிது. மாதிரிக்கு எடுத்துக்கொண்டது 2012-இல் கூகுளுக்காக ஏசஸ் செய்த நெக்ஸஸ் 7. ஏழு அங்குலத் திரை, ஒரு ஜிபி ராம்.

‘ஆண்டு பல ஆயின, தூக்கிப் போட்டுவிட்டுப் புதிது வாங்கலாகாதோ?’ எனின், அற்றன்று. தூக்கிப் போடுதல் என்ற வினையே இவ்வூரில் வழக்கில் இல்லை. மோட்டார் புகைந்தால் கடைக்கு எடுத்துப்போய் காயில் கட்டி, வார்னிஷ் ஊற்றி, அதே நேம் பிளேட்டோடு திரும்பக் கொண்டுவந்து கிணற்றில் இறக்குகிற ஊர் இது. டேப்லெட்டுக்கு ரெக்கவரி ஏற்றுவது அந்தக் காயில் கட்டும் மரபின் கிளையே என்பது இக்கட்டுரையின் துணிபு.

முன்னோர் யாவர் எனின், ஜி.டி.நாயுடுவைச் சொல்லாமல் மேலே செல்ல முடியாது. 1893-இல், திருச்சி சாலையில் கிழக்கே போனால் வரும் சூலூருக்குப் பக்கத்துக் கலங்கலில் பிறந்தவர். இளவயதில் ஒரு ரட்ஜ் மோட்டார் சைக்கிளை வாங்கி, அக்கக்காகக் கழற்றி, மறுபடி பூட்டிப் பார்த்தார். வாரன்டி என்ன ஆயிற்று என்று வரலாற்றாசிரியர்கள் கவலைப்பட்டதில்லை. பின்னால் 1937-இல் டி.பாலசுந்தரம் நாயுடுவோடு சேர்ந்து மின் மோட்டாரே செய்தார். ஆக, கம்பெனி மூடி வைத்ததைத் திறந்து பார்ப்பது இந்தப் பக்கத்தில் குற்றமாகாது.

இனி நூற்பொருள். ரெக்கவரி என்பது கருவியின் சேமிப்பில் தனியே ஒதுக்கப்பட்ட ஒரு சிறு பகுதி. ஆண்ட்ராய்டு எழுந்திருக்க மறுத்தாலும் இது எழும். கம்பெனி கொடுத்த ரெக்கவரி, கம்பெனி முத்திரை வைத்த கோப்பைத் தவிர வேறெதையும் தீண்டாது. வெளியார் செய்த ரெக்கவரியான டி.டபிள்யூ.ஆர்.பி. அந்த ஆசாரமெல்லாம் பார்ப்பதில்லை. அதற்கு முன் கௌஷிக் தத்தாவின் க்ளாக்வொர்க்மாட் இருந்தது. ‘எல்லாவற்றையும் அழிக்கவா?’ என்று கேட்டு, வரிசையாக ‘நோ’, ‘நோ’, ‘நோ’ என்று அடுக்கி, நடுவில் ஒரே ஒரு ‘யெஸ்’ வைக்கும். அவ்வளவு தடுத்தும் கேளாதவர்களே இத்துறையில் நிலைத்தார்கள்.

‘இவ்வளவு பாடு எதற்கு?’ எனின், காரணம் உண்டு. நெக்ஸஸ் 7-க்கு அதிகாரபூர்வமாக வந்த கடைசி ஆண்ட்ராய்டு 5.1.1. லெட்ஸ் என்க்ரிப்ட் என்ற அமைப்பின் சான்றிதழை ஏராளமான இணையதளங்கள் பயன்படுத்துகின்றன; அதன் மூலச் சான்று ஆண்ட்ராய்டு 7.1.1 முதல்தான் உள்ளேயே வருகிறது. பழையவற்றுக்காக வைத்திருந்த மாற்று வழியும் 2024 செப்டம்பரோடு முடிந்தது. அதனால் டேப்லெட்டில் ஒரு கோளாறும் இல்லாமலேயே, பஞ்சாங்கம் பார்க்கப் போன பெரியவருக்குப் ‘பாதுகாப்பற்றது’ என்று சிவப்பில் எச்சரிக்கை வருகிறது. ஆர்வலர்கள் இந்த டேப்லெட்டுக்கெனச் செய்துவைத்த ஆண்ட்ராய்டு 7.1.2 உண்டு. அதை ஏற்ற ரெக்கவரி வேண்டும்.

ரெக்கவரிக் கோப்பைத் தேர்வதில் கவனம் தேவை. வைஃபை மட்டும் உள்ளதற்குக் குரூப்பர் என்றும், சிம் போடுவதற்குத் திலாப்பியா என்றும் கூகுள் மீன் பெயர் வைத்தது. முன்னது களவா, கடல் மீன். பின்னது நம் குளங்களில் கிடைக்கும் ஜிலேபி. மாற்றிப் போடக் கூடாது.

அடுத்தது, டேப்லெட்டை லேப்டாப்போடு இணைக்கும் கேபிள். இங்கேதான் பெரும்பாலோர் பொழுது கழிகிறது. வீட்டிலுள்ள மைக்ரோ யுஎஸ்பி கேபிள்களில் பாதி, சார்ஜ் ஏற மட்டுமே ஆனவை. டேட்டா கம்பியே உள்ளே இருக்காது. லேப்டாப் ஒன்றும் தெரியாதது போல உட்கார்ந்திருக்கும். டிரைவரை அழித்து, மறுபடி போட்டு, விண்டோஸைத் திட்டி முடித்த பிறகே கேபிளின் மேல் சந்தேகம் வரும். மாதாந்திரப் பராமரிப்பு மின்தடை நாளில் தொடங்கலாகாது என்பதும் விதி.

பிறகு, ஆண்ட்ராய்டுக்கு முன்னே எழும் பூட்லோடருக்குள் போக, பவர் பொத்தானையும் ஒலி குறைக்கும் பொத்தானையும் சேர்த்து அழுத்திப் பிடிக்க வேண்டும். களத்தில் பதிவான உரையாடல்:

“ஏங்கண்ணு, அதைய இப்புடிப் புடிச்சு நெரிக்கறே?”

“பூட்லோடர் வரோணுமுங்க அப்பாரு.”

“வந்தா?”

“அன்லாக் பண்ணோணுமுங்க. உள்ள இருக்கறதெல்லாம் அழிஞ்சு போயிருமுங்க.”

“அதுல எங்க பழனி போட்டோ இருக்குதே!”

போட்டோவை முன்பே எடுத்து வைக்க வேண்டும் என்பது இதனால் பெறப்படும். அன்லாக் ஆனபின், ஒவ்வொரு முறை எழும்போதும் கூகுள் எழுத்துக்குக் கீழே திறந்த பூட்டு ஒன்று தெரியும். விருந்துக்கு வந்தவர்கள் விசாரிப்பார்கள்.

லேப்டாப்பிலிருந்து ஃபாஸ்ட்பூட் கட்டளையாக ஒரு வரி அடித்தால் ரெக்கவரி சில நொடிகளில் ஏறிவிடும். ஏறியதும் வழக்கம்போல ஆன் செய்வதே பெரும்பிழை. பழைய ஆண்ட்ராய்டு எழுந்தவுடன் தன் ரெக்கவரியை ஓசையில்லாமல் திரும்ப எழுதிவிடும். அப்புறம் போய்ப் பார்த்தால், பச்சை ரோபோ வயிற்றில் சிவப்பு முக்கோணத்தோடு மல்லாந்து கிடக்கும். ஆகவே ஒலிப் பொத்தானால் ‘ரெக்கவரி மோட்’ வரை நகர்த்தி நேரே அதற்குள் நுழைக. முதல் வேலை பேக்கப். மற்றது பிறகு.

‘இதற்குக் கூலி உண்டோ?’ எனின், ஒறம்பரையிடம் காசு கேட்பது மரியாதையன்று. பேக்கரிக்குக் கூட்டிப்போய் டீயும் தேங்காய் பன்னும் வாங்கித் தருவது வழக்கு. டீ மட்டும் வாங்கித் தந்தவர்களுக்கு ரெக்கவரியோடு நிறுத்திக்கொண்டு, ஆண்ட்ராய்டை அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளிவைப்பதும் வழக்கே.