கடன் இல்லாம நட்சத்திரமா?

பாட்டுக்காரி ஆகணும், நாடகத்துல நடிக்கணும், கொரியாக்காரி ஐயூ மாதிரி வரணும். அம்புட்டுத்தான? ஆகு தாயி. யாரு வேண்டாங்கிறா? ஒங்கப்பன் குதிப்பான், அவன நான் பாத்துக்கிறேன். ஆனா எதையும் முறைப்படி செய்யணும்ல. அந்தப் புள்ள எந்த வழியா மேல போச்சோ அந்த வழியாத்தான் நீயும் போகணும். குறுக்குச் சந்துல புகுந்தா அப்பத்தா ஒத்துக்க மாட்டேன்.

மொதச் சோலி, வீட்டுக்கு ஒரு கடன் வேணும். நல்லாப் பெருங்கடனா இருக்கணும். லீ ஜி-உன்னு அதுக்குச் சொந்தப் பேரு, 1993 மே 16ல சியோல்ல பொறந்துச்சு. பள்ளிக்கூடம் போற வயசுல பெத்தவுகளக் கடன் சுத்திக்கிருச்சு. குடும்பம் தெசைக்கு ஒண்ணாப் போக, இதும் தம்பியும் பாட்டிகிட்டப் போயி ஒண்டிக்கிருச்சுக. வீடுன்னா ஒத்த ரூம்பு. கரப்பான்பூச்சி ஓடும். தண்ணி ஒறைஞ்சு போற குளிர்ல அனலுக்கு வழி கெடையாது. ஒரு வருசத்துக்கு மேல அப்பிடிக் கழிஞ்சிருக்கு. அந்தப் பாட்டி தலையில மாட்டுற கிளிப்பு, அது இதுன்னு வித்துத்தான் ரெண்டு புள்ளைகளுக்கும் கஞ்சி ஊத்திருக்கா.

ஒனக்கு நாங்க அந்த வசதி எதையும் செஞ்சு குடுக்கலையே. தனி ரூம்பு, தலைக்கு மேல ஃபேனு, கைக்கொரு போனு. கரப்பான்பூச்சி ஒண்ணப் பாத்தா நீ போடுற கூச்சல்ல மூணாவது வீட்டுக்காரி ஓடியாரா. அந்தக் கூச்சல மட்டும் வச்சுச் சொன்னா, தொண்டை இருக்கத்தான் செய்யிது ஒனக்கு.

கடன் வந்தாச்சா? இனித் தோக்கணும். ஒண்ணு ரெண்டு எடத்துல தோத்தாப் பத்தாது. அந்தப் புள்ள 20 எடத்துக்குக் கிட்ட ஆடிசனுக்குப் போயி, ஆகாதுன்னு கேட்டு வாங்கிட்டுத் திரும்பியிருக்கு. நடுவுல போலிக் கம்பெனிக்காரங்ககிட்ட ஏமாந்தது வேற. ஜேஒய்பின்னு பெரிய கம்பெனி, அவுகளும் கழிச்சு விட்டுட்டாக. கடைசியா 2007ல லோயன்னு ஒரு கம்பெனி எடுத்துக்கிருச்சு. அங்க பயிற்சி 10 மாசந்தான். வருசக்கணக்குல பயிற்சியிலயே கெடந்து வாடிப் போற புள்ளைக நெறஞ்ச ஊர்ல இது ரொம்பக் கொறச்சல். ஒடனே நீ, "பாத்தியா அப்பத்தா, பத்தே மாசம்"னு ஆரம்பிச்சுருவ. அடியே, முன்னாடி தோத்த 20ஐயும் சேத்துல்ல கணக்குப் பாக்கணும்.

2008 செப்டம்பர் 18. எம் கவுன்டவுன்னு ஒரு டிவி நிகழ்ச்சியில மொத மேடை. வயசு 15. எல்லாரும் துள்ளி ஆடுற எடத்துல இது நின்னு ஒரு சோகப் பாட்டப் பாடுது. கூட்டம் கேலி பேசி ஏசித் தள்ளிருச்சு. பாட்டும் பெருசா ஓடல. நீ போட்ட வீடியோவுக்குக் கீழ எவனோ "சுமார்"னு எழுதுனதுக்கு மூணு நாளு கதவச் சாத்திக்கிட்டவ. எழுதுனவன் யாருன்னு எனக்குத் தெரியும், சொல்ல மாட்டேன்.

அதுக்கப்பறமும் ரெண்டு வருசம் சில்லறை மேடையும் டிவியுமா ஓடுச்சு. 2010ல 2ஏஎம் குழுப் பையன் இம் சுலாங்கோட சேந்து பாடுன பாட்டு எடுபட்டுச்சு. அந்த டிசம்பர்லயே "குட் டே" வந்துச்சு. கடைசியில கொரலு மூணு படி ஏறும், மூச்சு வாங்காம. பனையேறி உச்சிக்குப் போன பெறகு, மரமே இல்லாத எடத்துல இன்னும் ரெண்டு முழம் ஏறுன மாதிரி. நாட்டோட பாட்டுப் பட்டியல்ல வாரம் வாரம் அதான் மொத எடம், தொடர்ந்து 5 வாரம். கொரியா மொத்தமும் சேந்து "நாட்டுக்கே தங்கச்சி"ன்னு பட்டமும் குடுத்துருச்சு.

அந்தப் பட்டத்துல ஒரு வினயம் இருக்கு, கவனி. தங்கச்சின்னு தலையில தூக்கி வச்சவன், அது வளந்தா மொகத்தச் சுளிப்பான். ரிப்பன் கட்டிக்கிட்டுச் சிரிச்சா கைதட்டு, வாயத் தெறந்து சொந்தமா ஒண்ணு சொன்னா சத்தம். அந்தப் புள்ள கமுக்கமா ஒரு காரியம் செஞ்சுச்சு. தன் வயசையே பாட்டா எழுத ஆரம்பிச்சுருச்சு. 23ன்னு ஒண்ணு, 25ல "பேலட்"னு ஒண்ணு, பிடிஎஸ் சுகாவோட சேந்து "எய்ட்", பெறகு இருவதுகளுக்கே வழியனுப்பு வைக்கிற மாதிரி 2021ல "லைலாக்". நான் வளந்துக்கிட்டிருக்கேன், நீங்களே எண்ணிக்கங்கன்னு ஊரு வாயாலயே பாட வச்சுருச்சு. இந்தச் சூட்டிகைக்கு நான் ஒரு வெத்தலை சேத்துப் போடுவேன்.

எல்லாத்துலயும் ஜெயிச்சுருச்சுன்னு நெனைக்காத. 2015ல "சாட்-ஷையர்"னு ஒரு ஆல்பம். எழுத்து, பொறுப்பு எல்லாம் தன் கையில எடுத்த மொத வேலை. அதுல பிரேசில் நாட்டுக் கதை ஒண்ணுல வர்ற அஞ்சு வயசுப் பையனப் பத்தி ஒரு பாட்டு. அடிபட்டு வளர்ற பச்சப்புள்ளைய இப்பிடியா பாடுறதுன்னு அந்தப் புத்தகத்தக் கொரியாவுல போட்ட பதிப்பகத்துலருந்தே கேள்வி வந்துச்சு. பாட்டத் திரும்ப எடுக்கச் சொல்லி ஒரு கூட்டம், எழுதுறவளுக்கு உரிமை இல்லையான்னு ஒரு கூட்டம். என்னக் கேட்டா, அந்த எடத்துல புள்ள சறுக்குனது சறுக்குனதுதான். கொழந்தை விசயத்துல ரெண்டுங்கெட்டான் வார்த்தையே ஆகாது. தன் பக்குவமில்லாத எழுத்துன்னு மன்னிப்புக் கேட்டு எழுதுச்சு. ஓடி ஒளியல, அடுத்த வேலைக்குப் போயிருச்சு. நீ போன மாசம் ஒடச்ச கண்ணாடிச் சாடிக்கு இன்னும் பூனையத்தான் சொல்லிக்கிட்டிருக்க.

நடிப்புக் கதைக்கு வருவோம். 2011ல "ட்ரீம் ஹை". கழிச்சு விட்டாகளே ஜேஒய்பி, அவுகளும் சேந்து எடுத்த நாடகம்! அந்தக் கம்பெனி மொதலாளி பார்க் ஜின்-யங்கே வாத்தியாரா வந்து நிப்பாரு. ஏத்தா, ஒன்ன வேண்டாம்னவன் வாசல்லயே நீ மாலையோட நிக்கிற நாளு வரும், அன்னைக்குப் பல்லக் காட்டிச் சிரிச்சுராத, லேசா மொகத்த மட்டும் காட்டு. அதுல இந்தப் புள்ளைக்குக் குண்டுப் பொண்ணு வேசம். உள்ளுக்குள்ள பஞ்சு வச்சுக் கட்டிக்கிட்டு வந்து, கதையில எளைச்சு அழகாகணும்.

அங்கதான் ஒன் சங்கதியும் மாட்டுது. காலைல ஒரு ஆப்பிளு, மத்தியானம் ரெண்டு சக்கரவள்ளிக் கெழங்கு, ராத்திரி ஒரு தம்ளர் புரோட்டீன் தண்ணி. ஐயூ டயட்டுன்னு ஒன் போன்ல ஊரெல்லாம் சுத்துதே, அதான? நாலு நாளா நீ அந்தக் கெழங்க வச்சுக்கிட்டு மொறைக்கிறது எனக்குத் தெரியாதுன்னு நெனைச்சியா? சாப்புடுறதும் வாந்தியெடுக்குறதுமா ஒரு நோவுல கெடந்து வைத்தியம் பாத்தேன்னு அதே புள்ள டிவியில சொல்லியிருக்கு. அந்த வீடியோ மட்டும் ஒனக்கு வராது.

இன்னொண்ணும் வராது. 2017 டிசம்பர்ல ஷைனி குழுப் பாடகன் ஜோங்யுன் தன்னத்தானே மாய்ச்சுக்கிட்டான். இதுக்கு ஒரு பாட்டெழுதிக் குடுத்த சினேகிதன். அடுத்த மாசமே கோல்டன் டிஸ்க் விழா, இதுக்கு பெரிய விருது. மேடையில நின்னு அந்தப் புள்ள சொன்னது விருதப் பத்தி இல்ல. மத்தவுகளுக்கு ஆறுதல் சொல்ற தொழில்ல இருக்கிறவுக மொதல்ல தங்களப் பாத்துக்கணும், சோகம் வந்தா அழணும், பசிச்சா பலமில்லாமத்தான் இருக்கும்னு அந்தச் சாயல்ல பேசுச்சு. அந்த எடத்துல எனக்குக் கேலி வரல தாயி.

காலேசு விசயம் கேட்ட. அந்தப் புள்ள காலேசுக்குப் போகல, அது நெசந்தான். அந்த ஊர்ல பேரு வாங்குனவுகளுக்குக் காலேசுல எடம் தேடி வரும். ஒழுங்கா வகுப்புக்குப் போக முடியாதப்ப எடத்த எதுக்கு அடைச்சுக்கணும்னு இது விட்டுருச்சு. நீ மொதல்ல ஒரு எடத்த வாங்கு, பெறகு பெருந்தன்மையா விட்டுக்குடு.

இனி "மை மிஸ்டர்". 2018. எனக்கு அதுக்கு மேல வேற எதுவும் புடிக்கல. 21 வயசுப் பொண்ணு, பெத்தவ விட்டுட்டுப் போன கடன் கழுத்துல, வட்டிக்காரன் வாசல்ல. ஆபீசுல தற்காலிக வேலை, ராத்திரி ஓட்டல்ல பாத்திரம் கழுவுது. அடுத்தவன் தட்டுல மிஞ்சுனத எடுத்து வச்சுத் திங்கிது. ஆபீசுக் காப்பிப் பொட்டலத்த ரெண்டு உருவிக்கிட்டு வந்து, அதக் கலக்கிக் குடிச்சா ராச்சாப்பாடு முடிஞ்சு போச்சு. அம்புட்டுப் பாடும் எதுக்கு? வாயும் பேசாத, காதும் கேக்காத ஒரு பாட்டிக்காக. முதியோர் இல்லத்துக்குக் கட்டக் காசில்லாம அந்தப் பாட்டியக் கமுக்கமாக் கடத்திக்கிட்டு வரும். பாட்டிக்கு நெலாப் பாக்கணும். கடையில சாமான் தள்ளுற வண்டியில ஒக்கார வச்சுத் தள்ளிக்கிட்டுப் போகும் பாரு! கண்ணு கசக்குன ஆளு நானில்ல, அன்னைக்கு வெங்காயம் உரிச்சுக்கிட்டிருந்தேன்.

ஐயூ அதுல லேசுல சிரிக்காது. தங்கச்சியும் இல்ல, ரிப்பனும் இல்ல. மொகத்துல ஒரு பசி ஒக்காந்திருக்கும், அது மேக்கப்புல வர்றதில்ல. ஒத்த ரூம்புப் பாட்டிக்குத் தெரியும், எங்கருந்து வந்துச்சுன்னு. என் தீர்மானம் என்னன்னா, இந்தப் புள்ளைய நடிகையாக்குனது பாட்டிமாருதான். நீ சிரி. சான்று வச்சுத்தான் பேசுறேன்.

அந்த நாடகத்தப் பாத்துட்டுத்தான் ஜப்பான் டைரக்டர் கொரே-எதா தன் படத்துக்குக் கூப்புட்டாரு. "ப்ரோக்கர்". பெத்த புள்ளைய ஒரு தேவாலயத்துப் பொட்டிக்கு முன்னாடி விட்டுட்டுப் போறவ. 2022ல கான் விழாவுல போட்டிக்குப் போச்சு, கூட நடிச்ச சோங் காங்-ஹோவுக்குச் சிறந்த நடிகர் விருது. நடுவுல 2019ல "ஹோட்டல் டெல் லூனா", ஆவிகளுக்கு ஓட்டல் நடத்துற ஆயிரம் வருசத்துக்காரி. விதவிதமா உடுத்துறதும், தேடிப் போய்த் திங்கிறதும், வேலைக்காரன வெரட்டுறதும். அது நல்லாத்தான் இருந்துச்சு, முக்கியமாத் திங்கிற கட்டம். நீ அந்தக் கட்டத்த மட்டும் தள்ளிவிட்டுப் பாத்த.

2025ல "வென் லைஃப் கிவ்ஸ் யூ டேஞ்சரின்ஸ்". ஜெஜுத் தீவு. கடலுக்குள்ள முங்கிச் சிப்பி எடுக்குறவ மக, கவிதை எழுத ஆசப்படுறவ. எளவயசு ஆத்தாவும் ஐயூதான், வளந்த மகளும் ஐயூதான். பெத்தவ ஏமாந்த ஆசையெல்லாம் மக மேல ஏறும், மக அதச் சொமக்க மாட்டாமச் சிடுசிடுப்பா. ரெண்டு மொகத்தையும் ஒரே ஆளு காட்டணும். "மை மிஸ்டர்" எடுத்த கிம் வோன்-சக்தான் இதுக்கும் டைரக்டரு. அதுல புருசன் பொண்டாட்டி பொழைக்க வழியில்லாம நிக்கிறப்ப, படகு வாங்கக் காசு எங்கருந்து வந்துச்சு? சொல்லு. அப்பத்தா சேத்து வச்சிருந்த காசு! நான் சொல்லல? ஆனா ஒன்னு, நீ இங்கிட்டு வந்து என் மடியத் துழாவாத. அது நாடகம்.

அந்தப் புள்ளைக்குக் கை தாராளம். பொறந்த நாளு, மேடையேறுன நாளுன்னு நன்கொடை குடுக்கும், குடுக்கிறப்ப ரசிகர் சங்கத்துப் பேரையும் தன் பேரோட சேத்துத்தான் எழுதும். 2024 டிசம்பர்ல அந்த நாட்டு அதிபரு ராணுவச் சட்டம்னு கெளம்பி, சனம் நாடாளுமன்றத்து முன்னாடி தெருவுல குளிர்ல நின்னுச்சு. ஐயூ பக்கத்துக் கடைகள்ல முன்பணம் கட்டி, தன் ரசிகப் புள்ளைகளுக்கு ரொட்டி, காப்பி, சூடா சூப்புச் சோறுன்னு ஏற்பாடு பண்ணுச்சு. அதுக்கும் ஒரு கூட்டம் ஏசுச்சு. சோறு போட்டதுக்கு ஏச்சு வாங்குறது ஒண்ணும் புதுசில்ல, ஒங்க வீட்டுலயே நான் தெனம் வாங்குறேன்.

2022 செப்டம்பர்ல, 1988 ஒலிம்பிக் நடந்த சாம்சில் மைதானத்துல ரெண்டு நாளு பாடுச்சு. கொரியாவுல பொம்பளப் பாட்டுக்காரி எவளும் அதுக்கு முன்ன அந்த மைதானத்தத் தனியா நெறச்சதில்ல. ஒக்கார்ற எடத்துக்கெல்லாம் ஒரு மெத்தை போட்டு வச்சுச்சாம். ஒரு வருசமாக் காதுல கோளாறுன்னு அங்க கடைசியில சொல்லுச்சு. "குட் டே"ய இனி வழக்கமாப் பாட மாட்டேன்னும் சொல்லிருச்சு. தூக்கிவிட்ட பாட்டத் தானே எறக்கி வைக்கிறதுக்கும் ஒரு நெஞ்சு வேணும்.

சரி, அடுத்த தடவை அது எங்கயாவது பாடுனா நாம போவோம். ரெண்டு டிக்கெட்டாப் போடு, எனக்கு மெத்தை உள்ள எடமா. ஆனா பிளாக்குல மட்டும் வாங்கிராத. 2023ல அவுக கம்பெனி ஒரு சட்டம் போட்டுச்சு. கள்ள டிக்கெட்டுக்காரனக் காட்டிக் குடுத்தா அந்த டிக்கெட்டு காட்டிக் குடுத்தவுகளுக்கே. ஏதுமறியாத ஒரு ரசிகர் மாட்டிக்கிட்டு வம்பாகி, மறு வருசம் அந்தப் பரிச நிப்பாட்டிட்டாக. நிப்பாட்டுனா என்ன? நீ பிளாக்குல வாங்குனா நான் சும்மாவே காட்டிக் குடுப்பேன்.