அரை முழக் காணி

அன்புள்ள நானாவுக்கு,

நீங்க அனுப்பின வொய்ஸ் மெசேஜ் பதினொரு நிமிஷம். அதில் உம்மாட சுகம் அரை நிமிஷம், மதினிட பிரஷர் கால் நிமிஷம். மிச்சம் முழுக்கப் பக்கத்து வளவுக்காரர் கிடுகு வேலியை அரை முழம் நம்ம பக்கம் தள்ளிக் கட்டின கதை. லோயருக்குக் காசு அனுப்பச் சொல்லியிருக்கீங்க. அதைக் கடைசியில் சொல்றேன். உம்மாக்கு வாசிச்சுக் காட்ட ஏதாவது இருக்கட்டும் என்றுதான் இந்த முறை கடிதமாகவே எழுதுறேன்.

நான் இருக்கிற ஊர் நொட்டிங்ஹாம்ஷயரில் ஒரு சின்னக் கிராமம். நம்ம ஊர் கனமூலையில் ஜும்ஆ முடிஞ்சு வெளியே வாற கூட்டத்தை இங்கே இறக்கிவிட்டால் இந்த ஊர் ஆட்கள் பயந்து பொலிசைக் கூப்பிடுவாங்க. அவ்வளவுதான் சனம். ஆனால் அரசாங்கம் மட்டும் மூணு இருக்கு. ரோட்டில் குழி விழுந்தால் கவுண்டிக்குச் சொல்லணும். குப்பை வாளி டிஸ்ட்ரிக்ட் சபைக்குச் சொந்தம். நாய்ப் பீ போடுற சிவப்புப் பெட்டியும் பஸ் ஹோல்ட் வாங்கும் பாரிஷ் கவுன்சிலின் பொறுப்பு. இந்தப் பாரிஷ் சபையை 1894 இல் சட்டம் போட்டு உண்டாக்கியிருக்காங்க. நம்ம பிரதேச சபைச் சட்டம் 1987 இல் வந்தது. அதுக்கு முந்தி வாப்பா காலத்தில் இருந்த கிராமச் சபைதான் இதுக்குச் சரியான ஜோடி.

போன மாசம் கூட்டத்துக்குப் போனேன். மண்டபத்தில் ஹீட்டர் ஒன்று, மெம்பர் ஏழு பேர், சம்பளம் வாங்குற கிளார்க் ஒரு அம்மா. மெம்பருக்குச் சம்பளம் இல்லை. போஸ்டர் இல்லை, மாலை இல்லை, வெடியும் இல்லை. ஏழு கதிரைக்கு ஐந்து பேர்தான் முன்வந்தாங்களாம். மற்ற இரண்டு பேரைக் கெஞ்சிக் கூட்டிக்கொண்டு வந்து நியமிச்சிருக்காங்க. நம்ம பக்கம் ஒரு கதிரைக்கு எத்தனை பேர் சண்டை பிடிப்பாங்க என்று நான் சொன்னேன். கிளார்க் அம்மா பேனையைக் கீழே வச்சிட்டு, “அவர்களில் ரெண்டு பேரை அனுப்ப முடியுமா?” என்று கேட்டாங்க. அன்றைக்கு நாய்ப் பெட்டியை மரத்துக்கு இந்தப் பக்கம் வைக்கிறதா அந்தப் பக்கம் வைக்கிறதா என்று ஐம்பது நிமிஷம் பேசினாங்க. முடிவு அடுத்த கூட்டத்தில்.

இன்னொரு புதினம். எனக்கு இங்கே ஓட்டு இருக்கு! பொதுநலவாய நாட்டுக்காரன், விசா இருக்கு, பெயர் பதிஞ்சாச்சு, போதும். நம்ம இலங்கையில், வெளிநாட்டில் இருக்கிறவனுக்கு ஓட்டு இல்லை. 2023 மார்ச்சில் வர வேண்டிய உள்ளூராட்சித் தேர்தல், காசு இல்லை என்று தள்ளித் தள்ளி 2025 மே 6 ஆம் திகதிதான் வந்தது. நீங்க ரெண்டு வருஷம் காத்திருந்த ஓட்டு எனக்கு இங்கே சும்மா கிடைச்சது. உங்களுக்குப் பொறாமை வரட்டும்.

இனி வேலிக் கதைக்கு வாறேன். இங்கிருந்து கிட்டத்தில் லாக்ஸ்டன் என்று ஒரு கிராமம். 1086 இல் அரசன் எடுத்த காணிக் கணக்கில், நம்ம ஒல்லாந்தர் தோம்பு மாதிரியான ஒரு புத்தகத்தில், அதன் பெயர் இருக்கு. அங்கே மூணு பெரிய வயல்: மேற்கு வயல், தெற்கு வயல், மில் வயல். ஒவ்வொன்றுக்குள்ளேயும் பல விவசாயிகளுக்குப் பட்டை பட்டையாகக் காணி. நடுவில் வேலி இல்லை நானா. முள்ளுக் கம்பி இல்லை, கிடுகு இல்லை, ஒரு கள்ளிச் செடிகூட இல்லை. இங்கிலாந்தில் இப்படி இருந்த வயலில் நிறையப் பகுதியைப் பார்லிமென்டில் ஆயிரக்கணக்கில் சட்டம் போட்டு வேலி அடைச்சாங்க. கூலிக்காரனுக்கு மாடு மேய்க்க இடம் இல்லாமல் போனது அப்போதான். லாக்ஸ்டன் தப்பினது எப்படித் தெரியுமா? அங்கே காணி வச்சிருந்த மன்வர்ஸ் பிரபுவுக்கும் ஸ்கார்பரோ பிரபுவுக்கும் ஒத்து வரவில்லை. நம்ம ஊரில் ரெண்டு பேர் கோவிச்சால் வேலி வரும். இங்கே ரெண்டு பிரபுமார் கோவிச்சதால் வேலி வராமல் போயிருக்கு.

வேலி இல்லாட்டி களவு நடக்காதா? நடக்கும். அதுக்குத்தான் நவம்பர் கடைசியில் ஜூரி நாள். என் கூட வேலை செய்யிற ஆள் என்னைக் கூட்டிக்கொண்டு போனார். டிரெக்டர் பெட்டியில் ஏறி வந்த பெரியவங்க அந்த வருஷம் கோதுமை விதைச்ச வயலில் இறங்கினாங்க. எழுபது வயசு மதிக்கத்தக்க ஒருத்தர் ஈர மண்ணில் முட்டி போட்டு, ஒரு கண்ணை மூடி, சால் நேராகப் போகுதா என்று பார்த்தார். எழும்பினார். ஒரு அடி பின்னுக்குப் போனார். திரும்பப் பார்த்தார். பிறகு ஒரு மர முளையை நட்டு சுத்தியலால் மூணு அடி. யாரோ உழும்போது பொதுப் புல் நிலத்தைக் கொஞ்சம் கடிச்சிருக்காங்க. கடிச்சவரும் பக்கத்திலேதான் நிற்கிறார். அவர் வானத்தைப் பார்த்தார். நீங்க வாப்பாட கணக்குக் கொப்பியை மதரசாவில் விட்டுட்டு வந்த அன்றைக்குப் பார்த்த அதே பார்வை.

ஒரு கிழமை கழிச்சு கோர்ட். கோர்ட் லீட் என்று பெயர். கூடுறது ஊர்த் தவறணையில்! உம்மாட்டச் சொல்லுங்க, நான் குடிச்சது ஒரேஞ்ச் ஜூஸ்தான், அதுவும் வாசலில் நின்று. சத்தியம் வாங்கி, உழுதவருக்குத் தண்டம் போட்டு, அடுத்த வருஷ ஜூரியைத் தெரிவு செஞ்சு எழும்பிடுறாங்க. தண்டம் சில்லறைக் காசுதான். ஆனால் ஊர் முழுக்க அந்தப் பெயரை வாசிக்கக் கேட்கும்.

1952 இல் விவசாய அமைச்சு இந்தக் காணியை மன்வர்ஸ் பிரபுவிடம் வாங்கி, 1981 இல் அரச காணி நிர்வாகத்துக்குக் கொடுத்து, 2020 இல் அது பழைய குடும்பத்தின் தோர்ஸ்பி எஸ்டேட்டுக்கே திரும்பி வந்திருக்கு. உறுதி எத்தனை கை மாறினாலும் முளை அடிக்கிறதை மட்டும் நிறுத்தவில்லை. 1871 இல் வெள்ளைக்காரன் இலங்கையில் கம்சபா என்ற ஊர்ச் சபைக்குச் சட்டம் போட்டு, சின்ன வழக்கை ஊரிலேயே தீர்த்துக்கொள்ளுங்க என்றான். அவன்ட ஊரில் மிச்சம் இருந்ததையா நமக்குத் தந்தான் என்று யோசிச்சேன். இல்லை, நம்ம சபை அவனுக்கு முந்தியே இருந்தது. அவன் தூசு தட்டினதுதான்.

இப்ப லோயர் விசயம். 1988 இல் வந்த சட்டப்படி உங்க பிரச்சினை முதலில் மத்தியஸ்த சபைக்குத்தான் போகணும். சனி ஞாயிறில் பள்ளிக்கூட வகுப்பறையில் மூணு பேர் உட்கார்ந்து கேட்பாங்க. அங்கே லோயர் வர முடியாது. அதனால் அந்தக் காசு மிச்சம். அதில் பாதியை உம்மாட கண்ணாடிக்கு அனுப்புறேன்.

ஒன்று மட்டும் உங்களுக்குள்ளே வச்சிக்கொள்ளுங்க. அந்த வேலியை வாப்பா முதல் கட்டின அன்று நீங்க மதுரங்குளிக்குச் சாமான் வாங்கப் போயிருந்தீங்க. கயிற்றின் மற்ற நுனியைப் பிடிச்சது நான். எனக்கு ஒன்பது வயசு. வாப்பா, “கொஞ்சம் அங்கிட்டுப் போடா, இன்னும் கொஞ்சம்” என்றார். போனேன். ஒரு அரை முழம் இருக்கும்.

மத்தியஸ்த சபையில் என்னைச் சாட்சிக்குக் கூப்பிடாதீங்க.

இப்படிக்கு,
உங்கள் தம்பி