எழுத்தாலே அடிப்போம்

உலகம் என்று ஆரம்பித்தால் மங்கலம். கம்பர் அப்படித்தான் ஆரம்பித்தார், சேக்கிழாரும் அப்படித்தான். நானும் ஆரம்பித்துவிட்டேன். இதனால் யாருக்கு என்ன ஆகும் என்பதைக் கடைசியில் பார்த்துக்கொள்வோம்.

பொருளைக் குறிக்கத்தான் சொல் என்பது நம்மைப் போன்ற சாதாரண ஜனங்களின் நினைப்பு. சொல்தான் காரியத்தையே நடத்துகிறது, ஓர் எழுத்து பிசகினால் ஆளே காலி என்பது நம் பழைய புலவர்களின் கட்சி. வெறும் பேச்சோடு விடாமல் இலக்கணமும் எழுதிவைத்தார்கள். அதற்குப் பாட்டியல் என்று பெயர். பன்னிரு பாட்டியல், குணவீர பண்டிதரின் வெண்பாப் பாட்டியல், நவநீதப் பாட்டியல் என்று வரிசையாக வந்தன.

ஒரு வள்ளலைப் பாட வேண்டுமானால் 10 பொருத்தம் பார்க்க வேண்டும்: மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம். கல்யாணத்துக்கும் 10 பொருத்தம்தான். அங்கே தப்பினால் சம்பந்திச் சண்டை; இங்கே தப்பினால் வள்ளலுக்குச் சங்கு.

எழுத்துக்கு ஆண் பெண் உண்டு. குறில் ஆண், நெடில் பெண். மெய்யும் ஆய்தமும் இரண்டிலும் சேராதவை. அமுத எழுத்து உண்டு, நச்செழுத்தும் உண்டு. மூன்று புள்ளியோடு பாவமாக உட்கார்ந்திருக்கும் ஆய்தம் விஷமாம். சாதியையும் விட்டுவைக்கவில்லை. உயிர் பன்னிரண்டும் மெய்யில் முதல் ஆறும் அந்தணருக்கு. அடுத்த ஆறு அரசருக்கு, அதற்கடுத்த நான்கு வணிகருக்கு. மிச்சம் கிடந்த ழகரத்தையும் ளகரத்தையும் கடைசி வரிசைக்குத் தள்ளினார்கள். 'சிறப்பு ழகரம்' என்று நாம் மேடைதோறும் மார்தட்டுகிற எழுத்துக்கு அன்று பந்தியில் கிடைத்த இடம் அதுதான்.

இதில் தானம் என்ற பொருத்தம் இருக்கிறதே, அது சுத்தக் கணக்கு. உயிரெழுத்துகளை அ, இ, உ, எ, ஒ என்று ஐந்து கூட்டமாகப் பிரித்துக்கொள்ளுங்கள். வள்ளல் பெயரின் முதல் எழுத்து எந்தக் கூட்டமோ அது பாலன். அங்கிருந்து வரிசையாக குமரன், அரசன், மூப்பு, மரணம். பாட்டின் முதலெழுத்து முதல் மூன்றில் விழுந்தால் பரிசு. நான்காவதில் விழுந்தால் நரை. ஐந்தாவதில் விழுந்தால் பாடை. அனந்தன் என்ற வள்ளலை 'உலகம்' என்று தொடங்கிப் பாடினால் அரசன் தானம், ஓகோவென்று இருப்பார். அதே 'உலகம்' எழிலன் என்பவருக்குப் போனால் மரண தானம். மங்கலச் சொல் என்று புலவர் ஆசையாக ஆரம்பிப்பார், அங்கே வாசலில் ஒப்பாரி ஆரம்பிக்கும். 'அன்பே' என்று தொடங்கினால் இளங்கோவுக்கு அதோகதி. காதல் கடிதத்துக்கு இந்த விதி பொருந்தாது என்று நம்புவோம்.

பாட்டின் எண்ணிக்கையிலும் கறார். கலம்பகம் என்றால் தேவருக்கு 100, அந்தணருக்கு 95, அரசருக்கு 90, அமைச்சருக்கு 70, வணிகருக்கு 50, வேளாளருக்கு 30. ஓட்டல் விலைப்பட்டியல் கெட்டது.

தத்துவம் என்றால் நிரூபணம் வேண்டாமா? அதற்குத்தான் நந்திக் கலம்பகத்தின் கதை. 9-ஆம் நூற்றாண்டில் தெள்ளாற்றுப் போரில் ஜெயித்த பல்லவன் மூன்றாம் நந்திவர்மன். அறம் வைத்துப் பாடிய பாட்டு, அதாவது கேட்டால் உயிர் போகும் பாட்டு என்று தெரிந்தும் பந்தல் பந்தலாக நகர்ந்து உட்கார்ந்து கேட்டானாம். பாட்டுக்கு ஒரு பந்தல் எரிய, கடைசிப் பாட்டில் மன்னனே எரிந்தானாம். தமிழுக்காக உயிர் விட்டான் என்று நாமும் கண் கலங்குகிறோம். பந்தல் போட்டவருக்குக் கூலி வந்ததா என்று மட்டும் யாரும் கேட்பதில்லை.

அடுத்த வழக்கு மலைபடுகடாம். 583 அடி. பாடியவர் பெருங்கௌசிகனார், பாடப்பட்டவன் நன்னன். அதில் ஓரிடத்தில் காந்தள் பூவைத் தீக்கு ஒப்பிட்டார் புலவர். 'தீயின்' என்பதையும் 'அன்ன' என்பதையும் சேர்த்துச் சொல்லிப் பாருங்கள். தீக்குப் பக்கத்திலேயே நன்னன் பெயர் காதில் விழுகிறதா? விழுந்துவிட்டது ஆளவந்தபிள்ளை ஆசிரியர் என்ற ஒருவருக்கு. இது தலைவன் பெயரை அமங்கலத்தோடு ஒட்டவைக்கும் 'ஆனந்தக் குற்றம்', அதனால் பாடினவரும் செத்தார், பாடப்பட்டவரும் செத்தார் என்று தீர்ப்பெழுதிவிட்டார். சங்க காலத்து ஆட்கள் பிறகு சாகாமல் என்ன செய்வார்கள்?

14-ஆம் நூற்றாண்டு உரையாசிரியர் நச்சினார்க்கினியர் இதைக் கையில் எடுத்தார். எழுத்து ஆளைக் கொல்லுமா என்ற விசாரணைக்கே அவர் போகவில்லை. அகத்தியரும் தொல்காப்பியரும் இப்படியொரு குற்றத்தைச் சொல்லவில்லை, பின்னால் வந்தவர்கள் கட்டிவிட்டது, சான்றோர் செய்யுளில் இருந்தாலும் கணக்கில் வராது என்றார். சட்டத்தில் பிரிவே இல்லை, கேஸ் தள்ளுபடி. நல்ல வக்கீல்.

எனக்கென்னவோ இந்தத் தத்துவம் பசியில் பிறந்தது என்றுதான் தோன்றுகிறது. புலவனிடம் படை கிடையாது, பட்டாக்கத்தி கிடையாது. இருந்தது ஓர் எழுத்தாணி. பொற்கிழியைக் கொடுக்காமல் 'நாளை வா' என்கிற பிரபுவிடம், 'ஐயா, மரண தானத்தில் ஒரு வெண்பா கைவசம் இருக்கிறது' என்று மெல்லக் கனைத்தால் போதும், கஜானா திறக்கும்.

கேஸ் தள்ளுபடியாகி 600 வருஷத்துக்கு மேல் ஆகிறது. பாட்டியல் மட்டும் சாகவில்லை, சமையலறைக்குக் குடிபோய்விட்டது. விளக்கை 'அணை' என்றால் திட்டு விழும். 'அமர்த்து' என்று சொல்ல வேண்டும். ஆளைக் கொல்கிற பாம்புக்கு 'நல்ல பாம்பு'. எங்கள் அத்தை அரிசி டப்பாவைத் தலைகீழாகக் கவிழ்த்து, அடியில் இரண்டு தட்டுத் தட்டிவிட்டு, "அரிசி நிறைஞ்சிருக்குடா, ஓடிப்போய் அஞ்சு கிலோ வாங்கிட்டு வா" என்பார். ஓடுவேன். ஒருநாள் மளிகைக் கடை அண்ணாச்சியிடம், "காசும் நிறைஞ்சிருக்கு அண்ணாச்சி" என்றேன். அவர் தொல்காப்பியர் கட்சி போல. "அப்ப எடுத்து வைடே" என்றார்.

கடைசியாக ஒன்று. காசு கொடுத்துப் பத்திரிகை வாங்கியவர்தான் பாட்டுடைத் தலைவர் என்பது என் கட்சி. கட்டுரையை 'உலகம்' என்று தொடங்கியிருக்கிறேன். எகரத்திலும் ஏகாரத்திலும் பெயர் உள்ள வாசகர்கள், ஓசியில் படித்ததாகவே சொல்லிவிடுங்கள்.