லைனில் இருக்கிறார்

அமெரிக்காவின் மினசோட்டா மாநிலத்தில் கார் நம்பர் பிளேட்டிலேயே ‘பத்தாயிரம் ஏரிகள்’ என்று அச்சடித்திருப்பார்கள். அது தன்னடக்கம். பத்து ஏக்கருக்குக் குறையாத ஏரிகளை மட்டும் எண்ணினாலே 11,842 தேறும். இவற்றில் யார், எப்போது, எத்தனை மீன் பிடிக்கலாம் என்று விதி வகுப்பது மாநில இயற்கை வளத்துறை. முழுப் பெயரை யாரும் சொல்வதில்லை, டி.என்.ஆர். என்றால் போதும். மீன், மான், காடு, முகாம், படகு, பனிவண்டி எல்லாம் அதன் தலையில். அந்த மாநிலத்தில் சிலருக்குப் பொழுதுபோக்கு மீன்பிடித்தல், சிலருக்கு வேட்டை. நம்மவருக்கு இரண்டும் உண்டு என்றாலும், உண்மையான பொழுதுபோக்கு டி.என்.ஆருக்குப் போன் போடுவது.

ஆளை அடையாளம் காண்பது எளிது. வயது ஐம்பதைத் தாண்டியிருக்கும். பிக்கப் டிரக் வைத்திருப்பார். டேஷ்போர்டு பெட்டிக்குள் துறை ஆண்டுதோறும் இலவசமாகத் தருகிற மீன்பிடி விதிப் புத்தகம் இருக்கும். அட்டையில் வட்டமாகக் காபிக் கறையும் இருக்கும். அதற்குமேல் அந்தப் புத்தகத்துக்கும் அவருக்கும் பழக்கமில்லை. படிக்கத் தெரியாதவர் அல்ல. தூண்டில் கேட்லாக்கை அட்டையிலிருந்து அட்டை வரை படிப்பவர்தான். ஆனால் விதி என்பதை ஒரு மனிதர் வாயால் கேட்டால்தான் அவருக்குத் திருப்தி. அரசு அலுவலகத்துக்குப் போன் போட்டால் எடுப்பார்களா என்று நமக்கு வருகிற சந்தேகம் அவருக்கு வருவதில்லை. எடுக்கிறார்கள். வினையே அங்கேதான் ஆரம்பிக்கிறது.

டிசம்பர் முதல் வாரம் ஏரி உறையத் தொடங்கியதும் சீசனின் முதல் அழைப்பு போகும்.

“எங்கள் ஏரியில் ஐஸ் எவ்வளவு கனம்?”

“நாங்கள் எந்த ஏரியிலும் ஐஸை அளப்பதில்லை சார். நீங்கள்தான் துளை போட்டுப் பார்க்க வேண்டும்.”

“ஏரி உங்களுடையதுதானே?”

“மக்களுடையது சார்.”

“அப்படியானால் என்னுடையது. என் ஏரியின் கனத்தை எனக்கே சொல்ல மாட்டேன் என்கிறீர்கள்.”

எதிர்முனையில் இருப்பவர் பழகியவர். பொறுமையாக ஒப்பிக்கிறார்: புதிதாக உறைந்த தெளிவான ஐஸ் நாலு அங்குலம் இருந்தால் நடக்கலாம், வெள்ளையாக இருந்தால் அதைப்போல் இரண்டு மடங்கு வேண்டும், பிக்கப் டிரக்கை இறக்குவதென்றால் ஓரடிக்கும் மேல். அத்தனையும் சொல்லிவிட்டு, எந்த ஐஸும் நூறு சதவீதம் பத்திரமல்ல என்று முடிக்கிறார். நம்மவருக்கு வேண்டியதோ அந்த ‘பத்திரம்’ ஒன்றுதான். துறையின் வாயிலிருந்து அதை வரவழைக்க அவர் பல வருஷங்களாக முயல்கிறார். “நீங்களே போவதாக இருந்தால்?” என்று கேட்டுப் பார்ப்பார். “உங்கள் மச்சினர் போவதாக இருந்தால்?” என்றும் கேட்பார். துறை மசியாது. கடைசியில் அவர் துளை போட்டுப் பார்க்கிறாரா என்றால், அதுவும் இல்லை. பக்கத்து வீட்டுக்காரரின் டிரக் நடு ஏரியில் நிற்பதைப் பார்த்துவிட்டுத் தானும் போகிறார்.

இந்த உரிமைப் பேச்சுக்கு ஆதாரம் இருக்கிறது. அதைச் சொல்லாவிட்டால் அவருக்கு அநியாயம் செய்ததாகும். மீன்பிடி உரிமத்துக்கு அவர் வருஷா வருஷம் பணம் கட்டுகிறார். அந்தப் பணம் மீன், வேட்டை விலங்குகளுக்கென்றே உள்ள நிதிக்குப் போகிறது. 1937-ல் வந்த பிட்மன்–ராபர்ட்சன் சட்டப்படி வேட்டைத் துப்பாக்கிக்கும் தோட்டாவுக்கும் 11 சதவீத வரி. 1950-ல் வந்த டிங்கெல்–ஜான்சன் சட்டப்படி தூண்டில் கழிக்கும் ராட்டைக்கும் 10 சதவீதம். இரண்டும் மத்திய அரசு வழியாக மாநிலங்களின் வனவிலங்கு, மீன்வள வேலைகளுக்குத் திரும்பி வருகின்றன. போதாததற்கு 2008-ல் மினசோட்டா மக்களே ஓட்டுப் போட்டு விற்பனை வரியைக் கூட்டிக்கொண்டார்கள்: நூறு டாலருக்கு முப்பத்தேழரை சென்ட். அதில் ஒரு பங்கு தண்ணீருக்கு, ஒரு பங்கு வனவிலங்கு வாழிடத்துக்கு, மிச்சம் பூங்காவுக்கும் கலைக்கும். வரியைக் கூட்டச் சொல்லி ஓட்டுப் போட்ட ஜனங்களை வேறெங்கும் அவ்வளவு சுலபமாகப் பார்க்க முடியாது. ஆகவே கடையில் ஒரு டப்பா ஈயக்குண்டு வாங்கிவிட்டு வெளியே வருகிறபோதே நம்மவர் துறையின் பங்குதாரராகிவிடுகிறார். பங்குதாரர் மேனேஜரைக் கூப்பிடுவதில் என்ன தப்பு?

மார்ச்சில் வேறு கவலை. மாநிலப் பூங்காக்களில் கூடாரம் போடும் இடத்தை 120 நாள் முன்பிருந்தே பதிவு செய்யலாம். ஜூலை 4-ந்தேதி இடாஸ்கா பூங்காவில் இறங்க வேண்டுமானால் மார்ச் 6-ந்தேதி காலையிலேயே உட்கார்ந்துவிட வேண்டும். இடாஸ்கா 1891-ல் அமைந்தது. மாநிலத்திலேயே பழைய பூங்கா. மிசிசிப்பி ஆறு அங்கேதான் ஓர் ஓடையாகப் புறப்படுகிறது. கற்களின் மேல் கால் வைத்துக் குழந்தைகள்கூடக் கடந்துவிடுகிறார்கள். பேரப்பிள்ளைகளுக்கு அதைக் காட்ட வேண்டும் என்ற ஆசை நம்மவருக்கும் வருகிறது. வருவது ஜூன் கடைசியில். “நாலு நாள்தானே கேட்கிறேன், ஓரமாக ஒரு மரத்தடி கிடையாதா?” என்று அவர் கேட்கிற தொனி, நிரம்பி வழிகிற ரயிலில் கொஞ்சம் தள்ளி உட்காரச் சொல்கிறவரின் தொனி.

துறைக்குச் சம்பந்தமே இல்லாத விஷயங்களும் உண்டு. வடகோடியில் பவுண்டரி வாட்டர்ஸ் என்று பத்து லட்சம் ஏக்கருக்கு மேல் படகு வனம். அதற்குள் போக அனுமதிச் சீட்டு வேண்டும். தருவது மத்திய அரசின் வன சேவை. நம்மவர் கேட்பது டி.என்.ஆரிடம். அங்கே கேளுங்கள் என்று அவர்கள் சொன்னதும், “உள்ளே போய் மீன் பிடிக்க யார் லைசென்ஸ் வேண்டும்?” என்று ஒரு கேள்வியை வீசுவார். மாநில லைசென்ஸ்தான் என்று ஒப்புக்கொண்டாக வேண்டும். “பார்த்தீர்களா!” என்று வைத்துவிடுவார். என்ன பார்த்தார் என்பது அவருக்கே வெளிச்சம்.

பூமா விவகாரம் தனி. தோட்டத்தில் கட்டியிருந்த தானியங்கி கேமராவில் விடியற்காலை மூன்று மணிக்கு மங்கலாக மஞ்சள் நிறத்தில் ஏதோ விழுந்திருந்தது. மினசோட்டாவில் பூமா குட்டி போட்டுக் குடும்பம் நடத்துவதற்கு ஆதாரமில்லை. எப்போதாவது மேற்கிலிருந்து ஒன்று வழி தவறி வரும். பூமா என்று வருகிற தகவல்களில் பெரும்பாலானவை நாய், பூனை, பாப்கேட் என்றுதான் முடிகின்றன. படத்தைப் பார்த்த விலங்கியலாளர், “கழுத்தில் பட்டை தெரிகிறது சார்” என்றார். நம்மவர் இன்றுவரை அதை வளர்த்த பூமா என்றே சொல்லி வருகிறார்.

மே மாதம் புல்லுக்குள் தனியாகக் கிடக்கிற மான்குட்டியை அநாதை என்று நினைத்து ஒரு போன். தொடாதீர்கள், தாய் திரும்பி வரும் என்று ஒரு பதில். அக்டோபரில் மேப்பிள் இலை எந்த வாரம் சிவக்கும் என்று ஒரு போன். இவை வருஷாந்திரம்.

ஆற்றுக்கு அக்கரையில் விஸ்கான்சினில் இருக்கிற மச்சினரால் வருகிற தலைவலி பெரிது. விஸ்கான்சினில் ஒருவர் மூன்று தூண்டில் போடலாம். மினசோட்டாவில் ஐஸ் இல்லாத காலத்தில் ஒன்றுதான், பனிக்காலத்தில் இரண்டு. ஒவ்வொரு கோடையிலும் மச்சினர் வந்து, “உங்கள் ஊரில் ஒரு கையைக் கட்டிவிட்டுத்தான் மீன் பிடிக்கச் சொல்வார்களா?” என்று சிரிப்பார். உடனே துறைக்குப் போன். விதியைக் கேட்பதற்கல்ல, மாநிலத்தின் மானத்தைக் காப்பாற்றச் சொல்லி.

மே மாதத்தில் ஒரு சனிக்கிழமை நள்ளிரவு வால்ஐ மீன் சீசன் திறக்கும். மாநில மீன் அது. கவர்னரே தூண்டிலோடு படகில் ஏறுகிற வழக்கம் 1948-லிருந்து நடக்கிறது. சீசன் திறப்பு பெரும்பாலும் அன்னையர் தினத்தையொட்டி விழுந்து குடும்பங்களில் பூசலைக் கிளப்பும். துறை அதற்கும் வழி வைத்திருக்கிறது: அன்னையர் தின வார இறுதியில் மாநிலத்தில் வசிக்கும் தாய்மார்கள் லைசென்ஸ் இல்லாமலே மீன் பிடிக்கலாம். நம்மவர் சும்மா இருப்பாரா?

“மாமியார் தாய்மாரில் சேர்த்தியா?”

“அவருக்குப் பிள்ளைகள் உண்டா சார்?”

“என் மனைவி இருக்கிறாள்.”

“அப்படியானால் அவரும் தாய்தான் சார்.”

வேறு வழியில்லாமல் மாமியாரைப் படகில் ஏற்றினார். எண்பதை நெருங்குகிற அந்த அம்மாள் முதல் அரைமணியிலேயே ஒரு மீனைத் தூக்கிப் போட்டார். நம்மவர் பார்த்துவிட்டு, இது வால்ஐ அல்ல, அதன் தாயாதி சாகர் என்றார். வால்ஐதான் என்றார் அம்மாள். அவர் வால்ஐ பிடிக்க ஆரம்பித்தபோது மாப்பிள்ளை பிறக்கவில்லை. வாக்குவாதம் முற்றி, வழக்கம்போல் நம்மவர் போனை எடுத்தார். அம்மாள் கையை நீட்டி வாங்கி ஸ்பீக்கரில் போட்டார்.

“வாலின் கீழ்நுனியில் வெள்ளையாக இருக்கிறதா அம்மா?”

“இருக்கிறது.”

“முதுகுத் துடுப்பில் வரிசையாகக் கரும்புள்ளிகள்?”

“ஒன்றுகூட இல்லை.”

“வால்ஐதான் அம்மா. வாழ்த்துகள். உங்களோடு இருக்கிற சாருக்கு வேறு ஏதாவது கேட்க வேண்டுமா?”

சாருக்குக் கேட்க ஒன்றும் இல்லை. அம்மாளுக்கு இருந்தது. படகைக் கரையேற்றி டிரெயிலரில் கொண்டுபோகும்போது அடியில் உள்ள தண்ணீர் வடிகிற மூடியைக் கழற்றி வைக்க வேண்டும் என்று சட்டம் இருக்கிறதாமே. காலையில் வீட்டிலிருந்து வரும்போது மாப்பிள்ளை மூடியை மாட்டிக்கொண்டே வந்தாரே, அதற்கு அபராதம் எவ்வளவு என்று விசாரித்தார்.