இறங்கும் டொலர், ஏறும் விலை

கடுகண்ணாவைக் கணவாயில் இரண்டு வகை லொறிகள் ஓடுகின்றன. கண்டிப் பக்கத்துத் தேயிலையும் மிளகும் கராம்பும் ஏற்றிக்கொண்டு கொழும்புக்கு இறங்குபவை ஒரு வகை. கோதுமை மாவும் பருப்பும் சீனியும் பால்மாவும் ஏற்றிக்கொண்டு முனகி முனகி மேலே வருபவை மற்றது. இறங்குகிற லொறியில் இருப்பது டொலர். ஏறுகிற லொறியில் இருப்பது டொலர் கொடுத்து வாங்கிய சாமான். மலையில் இருக்கிற நமக்குக் கிடைப்பது மட்டும் ரூபா. அந்த ரூபாவுக்கு என்ன மதிப்பு என்று தீர்மானிக்கும் பெருமக்களும் இந்த ஏற்றத்தால் போயிருக்கிறார்கள். கறுப்புக் கண்ணாடி ஏற்றிய வாகனத்தில், பெரஹரா பார்க்க.

நாணயமாற்று வீதம் என்பது படித்தவர்களுக்கு மட்டும் விளங்கும் சங்கதி என்று நம்மை நம்பவைத்திருக்கிறார்கள். விளங்காமல் போக அதில் ஒன்றுமில்லை. மற்ற நாடுகளைவிட நம் நாட்டில் விலைவாசி வேகமாக ஏறினால் நம் காசு தேயும். வங்கி தரும் வட்டி விலையேற்றத்தைவிடக் குறைவாக இருந்தால், சேமிப்பவனின் காசு புத்தகத்தில் கூடிக் கடையில் குறையும். வசதியுள்ளவன் அதை உருவிக் காணியாகவும் வாகனமாகவும் டொலராகவும் மாற்றிக்கொள்வான். எல்லாரும் டொலரைத் தேடினால் டொலர் விலை ஏறும். சந்தையில் மரக்கறி விற்கும் அம்மாவுக்கு இது தெரியும். மத்திய வங்கியின் நாணயச் சபைக்குத்தான் தெரியாமல் போயிற்று.

2019 டிசம்பரில் கோட்டாபய ராஜபக்‌ஷவின் புது அரசாங்கம் பெறுமதி சேர் வரியை 15 சதவீதத்திலிருந்து 8க்கு இறக்கியது. வெடி கொளுத்திக் கொண்டாடினோம். வரி வராத கஜானாவுக்கு மத்திய வங்கி காசு அச்சடித்துக் கொடுத்தது. 2021 செப்டெம்பரில் அஜித் நிவாட் கப்ரால் ஆளுநராக வந்தார். ஒக்டோபர் முதலாந் திகதி ஆறு மாத வழித்திட்டம் ஒன்றை வெளியிட்டார். டொலர் 203 ரூபாவுக்குள் அடங்கி நிற்கும் என்றார்கள். உத்தியோகப் பலகையில் அது நிற்கத்தான் செய்தது. அந்த விலைக்கு டொலர் கேட்டுப் போன வியாபாரிதான் வெறுங்கையோடு திரும்பினான்.

2022 பெப்ரவரியில் பணவீக்கம் 15 சதவீதம். மத்திய வங்கி வங்கிகளுக்குக் கடன் கொடுத்த வட்டி ஆறரை. அந்த மாதம் இலங்கையில் ரூபாவைவிட மலிவான சரக்கு வேறெதுவும் இருக்கவில்லை. கடன் எடுத்துச் சாமான் இறக்கிப் பதுக்கியவன் கெட்டிக்காரன். நிலையான வைப்பில் காசு போட்டுவிட்டு வட்டிக்குக் காத்திருந்த ஓய்வுபெற்ற ஆசிரியர் ஏமாளி. இதைக் கொள்கை என்றார்கள்.

குவைத்திலும் சவூதியிலும் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த நம் பெண்கள் அவ்வளவு ஏமாளிகள் இல்லை. வங்கியில் 203, உண்டியல்காரனிடம் அதற்கு மேலே. எந்தத் தாய் வங்கிக்குப் போவாள்? 2020இல் 7.1 பில்லியன் டொலராக இருந்த வெளிநாட்டு உழைப்புப் பணம் அடுத்த ஆண்டு 5.5 பில்லியனுக்கு விழுந்தது. வட்டியைக் கூட்டி, ரூபாவின் உண்மை விலையை ஒத்துக்கொள்வதற்குப் பதிலாக, வங்கி மூலம் அனுப்பினால் டொலருக்குப் பத்து ரூபா சன்மானம் என்று மத்திய வங்கி அறிவித்தது. நாட்டின் கையிருப்பைக் காப்பாற்றும் பொறுப்பு, வீட்டுப் பணிப்பெண்ணின் தேசபக்தியில் வந்து நின்றது. அதே கையிருப்பிலிருந்து 2022 ஜனவரி 18ஆந் திகதி 500 மில்லியன் டொலரை எடுத்து வெளிநாட்டுப் பிணைமுறிக்காரர்களுக்கு நாள் தவறாமல் கட்டினார்கள். நாடு கடனில் நாணயமானது என்று உலகத்துக்குக் காட்ட வேண்டுமல்லவா? மூன்று மாதம் கழியுமுன் வெளிநாட்டுக் கடன் கட்டமுடியாது என்று உலகத்துக்கு அறிவித்தார்கள்.

மார்ச் 7ஆந் திகதி ரூபாவைக் கைவிட்டார்கள். மே நடுப்பகுதியில் டொலர் 360. ஏப்ரல் தொடக்கத்தில் கப்ரால் பதவி விலகினார். ஆறு மாத வழித்திட்டம் சரியாக ஆறு மாதத்தில் முடிந்தது. அவருடைய கணிப்புகளில் பலித்தது அது ஒன்றுதான். பின் வந்த நந்தலால் வீரசிங்க ஏப்ரல் 8ஆந் திகதி ஒரே அடியில் வட்டியை ஏழு சதவீதப் புள்ளி கூட்டினார். அதைக் குறை சொல்லமாட்டேன். கூட்டாமல் விட்டிருந்தால் ரூபா இன்னும் கிழிந்திருக்கும். ஆனால் விருந்து சாப்பிட்டவன் ஒருவன், பேதிமருந்து குடித்தவன் இன்னொருவன். வட்டி ஏறியதும் நகை அடகு வைத்தவரும் ஓட்டோவுக்கு லீசிங் கட்டியவரும் நசிந்தார்கள். திறைசேரி உண்டியல் வாங்கும் அளவுக்குக் காசுள்ளவருக்கு அதே ஆண்டில் 30 சதவீத வட்டி கிடைத்தது.

கடுகண்ணாவை ரயில் ஏற்றம் கீழே ரம்புக்கனையில் தொடங்குகிறது. 2022 ஏப்ரல் 19ஆந் திகதி அந்த ஊரில் எரிபொருள் வரிசையில் நின்ற சனம் தண்டவாளத்தை மறித்தது. வரிசையில் நிற்கும்போது 176 ரூபாவாக இருந்த டீசல், எடுக்கும்போது 289 ரூபா. 254 ரூபாப் பெற்றோல் 338. பழைய விலைக்குத் தா என்று கேட்டார்கள். பொலிஸ் சுட்டது. ஒருவர் செத்தார், பலர் காயப்பட்டார்கள். ரூபாவைப் பிழையான விலையில் கட்டிவைத்து, கடைசியில் கயிறு அறுந்ததும் அந்த வித்தியாசம் யாரிடமாவது வசூலாக வேண்டும். கொழும்பில் அதற்கு விலைச் சீராக்கம் என்று பெயர். ரம்புக்கனையில் அதை ரவையால் வசூலித்தார்கள்.

தோட்டத்துக்கு வருவோம். 2021 மார்ச்சில், பல வருடப் போராட்டத்துக்குப் பிறகு, நாட்சம்பளம் ஆயிரம் ரூபா என்று வர்த்தமானி வந்தது. அடுத்த ஆண்டு ரூபா விழுந்தது. தேயிலை டொலருக்கு விற்கும் சரக்கு; ஆகவே கொழும்பு ஏலத்தில் ஒரு கிலோவின் சராசரி விலை ஏறத்தாழ இரட்டிப்பாயிற்று. கொழுந்து பறித்தவளின் சம்பளம் அதே ஆயிரம். கம்பனிகளைக் கேட்டால் உரம், எரிபொருள், வட்டி என்று செலவுக் கணக்கை விரிப்பார்கள். உண்மைதான், எல்லாம் ஏறியது, இவளைத் தவிர. லயத்து அடுப்புக்கு ஊற்றிய மண்ணெண்ணெய் 2022 ஓகஸ்டில் 87 ரூபாவிலிருந்து ஒரே இரவில் 340 ஆனது. செப்டெம்பரில் பணவீக்கம் 69.8 சதவீதம், உணவுக்கு மட்டும் 94.9. அவளுடைய ஊழியர் சேமலாப நிதியத்துக்கு அந்த ஆண்டு கிடைத்த வட்டி 9 சதவீதம். அந்த நிதியத்தை நிர்வகித்தது யார் தெரியுமா? காசு அச்சடித்த அதே நாணயச் சபை.

அது போதாதென்று 2023இல் உள்நாட்டுக் கடனை மறுசீரமைத்தபோது வங்கிகளின் திறைசேரிப் பிணைமுறிகளைத் தொடாமல் விட்டு, தொழிலாளரின் சேமலாப நிதியத்தைக் கொண்டுபோய் வெட்டுமேசையில் வைத்தார்கள். சம்மதிக்காவிட்டால் கூடுதல் வரி. வங்கியைத் தொட்டால் நிதித்துறை ஆடிப்போகுமாம். லயம் ஆடினால் யாருக்குச் சத்தம் கேட்கும்?

அதே ஆண்டில் மத்திய வங்கிக்குப் புதுச் சட்டம் வந்தது. இனி அரசுக்குக் காசு அச்சடித்துக் கொடுக்கக்கூடாது, அரசியல்வாதி தலையிடக்கூடாது. நல்ல சட்டம், மனமார வரவேற்கிறேன். அந்தச் சுயாதீனத்தின் முதற்கனி 2024 தொடக்கத்தில் பழுத்தது: மத்திய வங்கி தன் ஊழியருக்குத் தானே 70 சதவீதமளவுக்குச் சம்பளம் கூட்டிக்கொண்டது. பணவீக்கத்தால் யார் பாதிக்கப்படுகிறார் என்பதை அந்தக் கட்டடத்துக்குள் ஒரு தடவையாவது சரியாகக் கணக்கிட்டிருக்கிறார்கள்.

நீதியும் கிடைத்தது. 2023 நவம்பர் 14ஆந் திகதி உயர் நீதிமன்றம், கோட்டாபய, மஹிந்த, பசில் ராஜபக்‌ஷ சகோதரர்களும், கப்ராலும், அவருக்கு முன் ஆளுநராக இருந்த டபிள்யூ.டி. லக்‌ஷ்மனும், இன்னும் சில உயர் அதிகாரிகளும் மக்களின் நம்பிக்கையை மீறினார்கள் என்று பெரும்பான்மைத் தீர்ப்புச் சொன்னது. மனுதாரர்களுக்கு வழக்குச் செலவாக ஒன்றரை லட்சம் ரூபா. நாட்டு மக்களுக்கு இழப்பீடு இல்லை. ஒரு நாட்டின் காசைப் பாதியாக்குவதற்கான செலவு, பழைய மோட்டார் சைக்கிள் ஒன்றின் விலைகூடப் பெறவில்லை.

பணவீக்கம் குறைந்துவிட்டது, ரூபா நிலைத்துவிட்டது என்று பிறகு மேடைமேடையாய்ச் சொன்னார்கள். பணவீக்கம் குறைந்தால் விலை இறங்காது ஐயா, ஏறுகிற வேகம்தான் குறையும். ஏறின இடத்திலேயே விலை குந்திக்கொண்டிருக்கிறது. 2024 மே தினத்தில் கொட்டகலையில் அப்போதைய ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்க தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளம் இனி 1,700 ரூபா என்றார். கம்பனிகள் நீதிமன்றம் போயின. செப்டெம்பரில் அடிப்படைச் சம்பளம் 1,350 ரூபாவில் முடிந்தது. முன்னூற்றைம்பது ரூபா வென்றோம் என்று மாலை போட்டுப் படம் எடுத்துக்கொண்ட தலைவர்களும் இருந்தார்கள். 2021 மார்ச்சில் அந்த ஆயிரம் ரூபா ஐந்து டொலர். 2024 செப்டெம்பரில் இந்த 1,350 ரூபா நாலரை டொலர்.