பசியைக் கெடுக்காத வரலாறு

கியோட்டோவில் வரலாறு இப்போது தட்டுக்கணக்கில் கிடைக்கிறது. உணவு நடை என்று பெயர். மூன்று மணி நேரம், ஆறேழு தட்டு, சின்னக் கோப்பையில் இரண்டு முறை சாக்கே மது, தொட்டுக்கொள்ளக் கொஞ்சம் சரித்திரம். முன்னால் ஒருவர் கொடியையோ மடக்கிய குடையையோ தூக்கிப் பிடித்து நடப்பார். பின்னால் பத்துப் பன்னிரண்டு பேர். ஒரு கையில் கைபேசி, மறு கையில் குச்சி, குச்சியின் நுனியில் ஏதோ ஒரு கடல் ஜந்து. ஆயிரம் ஆண்டுக்கு மேல் ஜப்பானின் தலைநகராக இருந்த ஊரை மத்தியானச் சாப்பாட்டுக்கும் இராச் சாப்பாட்டுக்கும் நடுவில் செரித்துவிடலாம் என்று கண்டுபிடித்தவருக்குச் சிலை வைக்க வேண்டும். வைத்தால் அதன் காலடியிலும் கடை போட்டுப் பச்சைத் தேயிலை ஐஸ்கிரீம் விற்பார்கள், அது வேறு விஷயம்.

இந்தத் தொழிலுக்கு எழுதாத சட்டம் ஒன்று உண்டு. சாப்பிட வந்தவன் வயிற்றைப் புரட்டும் எதையும் சொல்லாதே. சாமுராய் பற்றிச் சொல்லலாம். அவன் வாளின் பளபளப்பைப் பற்றி அரைமணி நேரம் பேசலாம். அந்த வாள் யார் மேல் இறங்கியது என்பதை மட்டும் பேசக் கூடாது. அடுத்த கடையில் மாட்டிறைச்சி சுடச்சுடக் காத்திருக்கிறது.

நடை பெரும்பாலும் நிஷிகி சந்தையில் தொடங்கும். 390 மீட்டர் நீளம், நூற்றுச் சொச்சம் கடைகள், ‘கியோட்டோவின் சமையலறை’ என்ற பட்டம். 1615-இல் மீன் விற்க அரசு அனுமதி பெற்ற தெரு இது. ஓவியர் இதோ ஜாகுச்சூ 1716-இல் இங்கே ஒரு காய்கறி மொத்த வியாபாரி வீட்டில்தான் பிறந்தார். வழிகாட்டி அதைச் சொல்லும் நேரத்தில் கூட்டம் முழுவதும் பக்கத்துக் கடையில் குட்டி ஆக்டோபஸைப் படம் பிடித்துக்கொண்டிருக்கும். விரல் நீளம் இருக்கும் அது. மண்டைக்குள் ஒரு காடை முட்டையைத் திணித்து, செம்பழுப்பாகப் பாகு பூசி, குச்சியில் செருகி வைத்திருப்பார்கள். ஜாகுச்சூ சேவல்களை வரைந்து பேர் வாங்கினார். முட்டை அடைத்த ஆக்டோபஸை வரையாமல் விட்டது அவர் செய்த பிழை.

நடந்துகொண்டே தின்னாதீர்கள் என்று சந்தைச் சங்கம் வேண்டிக்கேட்டு எழுதி வைத்திருக்கிறது. விருந்தாளிகள் மரியாதை தெரிந்தவர்கள். நடக்காமல், கடைவாசலை அடைத்து நின்று தின்கிறார்கள். கத்தரிக்காய் வாங்க வந்த உள்ளூர்ப் பாட்டி அந்த முதுகுகளைத் தாண்டிக் கடைக்காரர் முகத்தைப் பார்ப்பதற்குள் பொழுது சாய்ந்துவிடும். சமையலறை அப்படியே இருக்கிறது. சமைக்கிறவர்கள்தான் சூப்பர்மார்க்கெட்டுக்குப் போய்விட்டார்கள். சந்தையின் கிழக்குக் கோடியில் நிஷிகி தென்மாங்கு கோயிலின் தோரண வாயில் நிற்கிறது. அதன் மேல் உத்தரத்தின் இரண்டு முனைகளும் இருபக்கக் கட்டடங்களின் சுவருக்குள் நுழைந்துபோயிருக்கும். சாமி வாசலைச் சுற்றிக்கூட ஒரு முழம் இடம் விட மனசு வராத ஊர், உலகத்துக்கே விருந்தோம்பல் கற்றுத்தருவதாக விளம்பரம் செய்கிறது.

அடுத்த தட்டு ஊறுகாய். கத்தரிக்காயும் சிவப்பு ஷிசோ இலையும் சேர்ந்த ஷிபாசுகே, புளித்த சுகுகி, டர்னிப்பை வட்டவட்டமாக மெல்லிசாகச் சீவி ஊறவைத்த செம்மாய்சுகே. கியோட்டோவின் பெயர்பெற்ற மூன்று ஊறுகாய்கள் என்று இவற்றைச் சொல்வார் வழிகாட்டி. உப்பில் போட்ட சரக்கு இன்னொன்றும் இந்த ஊருக்கு வந்தது. அது கொரியாவிலிருந்து, 1597-இல், பீப்பாய் பீப்பாயாகக் கப்பலில் வந்தது. மனித மூக்குகள்.

ஜப்பானை ஆண்ட ஹிதேயோஷி என்றால் வழிகாட்டிகளுக்கு உயிர். ஏழை வீட்டுப் பிள்ளை நாட்டையே பிடித்த கதை, தங்கத்தால் இழைத்த தேநீர் அறை, 1587-இல் கிதானோவில் ஊரையே அழைத்து நடத்திய மாபெரும் தேநீர் விழா எல்லாம் பசியைத் தூண்டும் கதைகள். அதே மகானுபாவர் 1592-இலும் 1597-இலும் கொரியா மீது படை அனுப்பினார். எத்தனை பேரைக் கொன்றாய் என்பதற்குச் சாட்சி வேண்டும். தலை என்றால் கனம், கப்பலில் இடம் அடைக்கும். மூக்கு கைக்கு அடக்கம். அறுத்தார்கள், எண்ணினார்கள், உப்பிட்டார்கள், ஏற்றினார்கள். எண்ணி வாங்கிக்கொண்டதற்கு ரசீது கொடுத்தார்கள். அந்த ரசீதுகள் இன்றும் இருக்கின்றன. கணக்குக்குப் படைவீரன் மூக்கு, பெண்ணின் மூக்கு, பிள்ளையின் மூக்கு எல்லாம் ஒன்றுதான்.

அவை புதைந்த மேடு ஊருக்கு வெளியே எங்கோ இல்லை. கியோன் கடைத்தெருவிலிருந்து தெற்கே நடந்தால் அரைமணி நேரத்துக்குள் வந்துவிடும். காதுமேடு என்று பெயர். உள்ளே இருப்பவை மூக்குகள், சுமார் 38,000 பேருடையவை என்பது வழக்கமாகச் சொல்லப்படும் கணக்கு. புல் மூடிய குன்று, உச்சியில் ஐந்தடுக்குக் கல் தூண், அருகில் குழந்தைகள் விளையாடும் சிறு பூங்கா. சுற்றிலும் கல்வேலி. அதன் தூண்களில் கபுக்கி நாடக நடிகர்களின் பெயர்கள் செதுக்கியிருக்கும், உபயம் என்ற கணக்கில். ஒரு தெரு தள்ளி, மூக்கை அறுக்கச் சொன்னவர் தெய்வமாக வீற்றிருக்கிறார். தோயோகுனி கோயில் என்று பெயர். அங்கே சுரைக்குடுவை வடிவப் பலகைகளில் வேண்டுதல் எழுதித் தொங்கவிட்டால் வாழ்க்கையில் முன்னேறலாமாம். அவர் முன்னேறியது உண்மைதானே.

உணவு நடைகளின் வழியில் இந்த மேடு வருவது அபூர்வம். கேட்டால் பக்கத்தில் சுவைத்துப் பார்க்கத் தகுந்த கடை ஏதும் இல்லை என்பார்கள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று நம் பக்கம் கேலியாகச் சொல்வதுண்டு. இவர்கள் ஒரு குன்றையே மறைக்கிறார்கள். அதுவும் ஒரு கிண்ணம் சோற்றில். அந்தக் கிண்ணத்தையும் கொஞ்சம் திருப்பிப் பாருங்கள். அரிதா, ஹாகி, சத்சுமா என்று அடியில் ஊர்ப்பேர் சொல்லும் பாண்டங்களின் தொழிலைத் தொடங்கிவைத்தவர்கள், இதே போரில் கொரியாவிலிருந்து பிடித்துக்கொண்டு வரப்பட்ட குயவர்கள்.

சாயங்காலம் ஆனதும் கூட்டம் கியாமாச்சிக்குக் குடிக்க வரும். தகாசே கால்வாய், கரையில் செர்ரி மரங்கள், விளக்கு வெளிச்சம். மதுக்கடைகளுக்கு நடுவே சுய்சென்ஜி என்ற சின்னக் கோயில். 1595-இல் ஹிதேயோஷி தன் வாரிசாக வைத்திருந்த அக்காள் மகன் ஹிதேத்சுகுவின் மேல் சந்தேகப்பட்டு, வயிற்றைக் கிழித்துக்கொண்டு சாகச் சொன்னார். அதோடு ஆத்திரம் அடங்கவில்லை. அவனுடைய மனைவிமார், காதற்கிழத்தியர், சிறு குழந்தைகள் என்று முப்பதுக்கும் மேற்பட்டோரை சான்ஜோ ஆற்றங்கரைக்கு இழுத்துவந்து, அவன் தலையை எதிரே வைத்து, ஒவ்வொருவராக வெட்டினார்கள். கோமாஹிமே என்ற 15 வயதுப் பெண்ணும் அதில் ஒருத்தி. வடக்கே மோகாமி வீட்டுப் பெண். ஹிதேத்சுகுவுக்கு என்று அனுப்பப்பட்டு அப்போதுதான் ஊருக்குள் வந்திருந்தாள். அவர்களுக்காக 1611-இல் எழுந்ததுதான் இந்தக் கோயில். வழிகாட்டி இதன் எதிரே நின்று, சாக்கேயைச் சூடாகவும் குடிக்கலாம், குளிராகவும் குடிக்கலாம் என்று விளக்குவார்.

15 வயது என்றதும் நினைவுக்கு வருகிறது. கெய்ஷா ஆவதற்குப் பயிலும் மைகோப் பெண்கள் கியோட்டோவில் பெரும்பாலும் அந்த வயதில்தான் சேர்கிறார்கள், பள்ளியின் கட்டாய வகுப்புகள் முடிந்த கையோடு. தங்க இடம், சாப்பாடு, கிமோனோ, பாடம் எல்லாம் உண்டு. சம்பளம் இல்லை, கைச்செலவுக்குக் கொஞ்சம் கிடைக்கும். உணவு நடைக்கு இவர்கள்தான் கடைசி இனிப்பு. ஆறு மணிக்குக் கியோன் முனையில் நின்றால் ஒருத்தியாவது கண்ணில் படுவாள் என்று ஆசை காட்டுவார்கள். பட்டால் துரத்துவார்கள், கிமோனோக் கையைப் பிடித்து இழுப்பார்கள். 2019-இல் தனியார் சந்துகளில் படம் எடுத்தால் 10,000 யென் என்று பலகை வைத்தார்கள். பலகையைப் படம் எடுத்தார்கள். 2024-இல் சந்துக்குள்ளேயே வராதே என்று அடைத்தார்கள். 2022-இல் முன்னாள் மைகோ ஒருவர் தன்னை 16 வயதில் குடிக்கவைத்ததை வெளியே எழுதினார். நாடு சில வாரம் அதிர்ந்தது. நடைகள் ஒரு நாளும் நிற்கவில்லை. அந்தப் பெண் சொன்னதைப் பதினைந்து நிமிடம் நின்று சொல்ல ஒரு வழிகாட்டிக்கு வாய் வருமா? வராது. கலை, மரபு, ஆயிரம் முறை ஒத்திகை என்று மட்டும் வரும்.

இதெல்லாம் வாசலில் நடந்தது, தட்டில் இருப்பது சுத்தம்தானே என்று கேட்கலாம். வாருங்கள், தட்டுக்கே போவோம். கியோட்டோச் சமையலின் அடிநாதம் கொம்பு என்ற கடற்பாசியில் எடுக்கும் சாறு. அதிலிருந்து குளுட்டமேட்டைப் பிரித்து 1908-இல் உமாமி என்று பெயர் சூட்டிய இகேதா கிகுனாயே இந்த ஊர்க்காரர். இதை எல்லா நடையிலும் சொல்வார்கள். ஆனால் இந்த ஊரில் கடல் இல்லையே, கடற்பாசி எப்படி வந்தது? வடக்கே எசோ தீவிலிருந்து வந்தது, இன்றைய ஹொக்கைடோ. நிஷின் சோபா என்று நூடுல்ஸ் மேல் படுத்திருக்கும் உலர்ந்த ஹெர்ரிங் மீனும் அங்கிருந்து வந்த சரக்குதான். அந்தக் கரைகளில் மீன்பிடிக் குத்தகை எடுத்த வணிகர்கள் ஐனு மக்களை அவர்கள் மண்ணிலேயே அடிமைகளாக வேலை வாங்கினார்கள். 1789-இல் குனாஷிரியிலும் மேனாஷியிலும் ஐனுக்கள் திருப்பி அடித்தார்கள். 71 ஜப்பானியர்கள் செத்தார்கள். பதிலுக்கு 37 ஐனுக்களுக்கு மரண தண்டனை. சாறு தெளிவாக இருக்க வேண்டும், கலங்கக் கூடாது என்று சமையல்காரர் சொல்லும்போது கூட்டம் பக்தியோடு தலையாட்டும்.

கியோனில் குட்ஸு வேர் மாவில் செய்த, ஊடுருவித் தெரியும் பட்டை நூடுல்ஸைப் பனிக்கட்டி நீரிலிருந்து எடுத்துக் கருப்பு வெல்லப் பாகில் தோய்த்துத் தருவார்கள். அருமையாக இருக்கும், பொய் சொல்லக் கூடாது. அந்தக் கருப்பு வெல்லம் தெற்குத் தீவுகளின் சரக்கு. 1609-இல் ரியூக்யூ மீது படையெடுத்த சத்சுமா பிரபுக்கள் அமாமித் தீவுகளைப் பறித்துக்கொண்டு, பின்னாளில் நெல் விளைந்த நிலத்தைக் கரும்புக் காடாக்கினார்கள். 1830-களில் தீவுக்காரன் தான் காய்ச்சிய வெல்லத்தைத் தானே விற்றால் மரண தண்டனை என்றார்கள். 2013-இல் ஜப்பானிய உணவுமுறையை யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தபோது, இயற்கையை மதிப்பதே அதன் ஆன்மா என்று எழுதினார்கள். மனிதனை மதித்தார்களா என்று விண்ணப்பப் படிவத்தில் கேட்கவில்லை போலிருக்கிறது.

வழிகாட்டியின் மேல் மட்டும் பாய்ந்து என்ன பயன்? 1949 சட்டப்படி வெளிநாட்டாருக்குக் காசு வாங்கி வழிகாட்ட அரசுத் தேர்வு எழுதி உரிமம் வாங்க வேண்டியிருந்தது. வரலாறு, புவியியல் எல்லாம் அதில் பாடம். 2018 ஜனவரியில் அந்தக் கட்டாயத்தை எடுத்துவிட்டார்கள். இப்போது கொடியும் குரலும் இருந்தால் போதும். 2024-இல் நாட்டுக்கு வந்த வெளிநாட்டார் 3 கோடியே 68 லட்சத்துக்கு மேல். 2030-க்குள் 6 கோடி வேண்டும் என்பது அரசின் இலக்கு. பயணப் பெட்டிகளால் நிறைந்த பஸ்ஸில் ஆஸ்பத்திரிக்குப் போகிறவருக்கு இடமில்லை என்று ஊர் முனகியபோது, நகராட்சி ஒருநாள் பஸ் டிக்கெட்டை ஒழித்துத் தன் கடமையை முடித்துக்கொண்டது. வந்து குவியுங்கள் என்று தலைநகரம் கூவுகிறது, தாங்க முடியவில்லை என்று கியோட்டோ அழுகிறது, இரண்டு பேரும் ஒரே கல்லாவில் காசு எண்ணுகிறார்கள். இந்த வியாபாரத்தில் செத்தவர்களுக்குப் பங்கு கிடையாது. அவர்கள் செலவு செய்வதில்லை.

சொல்லும் நேர்மையுள்ளவர்கள் அறவே இல்லை என்று சொல்லமாட்டேன். காதுமேட்டுக்கு மாணவர்களை அழைத்துப்போகும் ஆசிரியர்கள் உண்டு. கொரியாவிலிருந்து வருகிறவர்கள் தாங்களாகவே தேடி வந்து தலைகுனிந்து நிற்கிறார்கள். அவர்கள் யாருக்கும் வழியில் சுவைத்துப் பார்க்க எதுவும் தரப்படுவதில்லை.

உண்மையில் இந்த உணவு-வரலாற்றுக் கூட்டணி கியோட்டோவுக்குப் புதிதல்ல. ஹிதேயோஷிக்குப் பின் வந்த தோகுகாவா ஆட்சியில் கொரியத் தூதுக்குழுக்கள் வந்தபோது, ஹிதேயோஷி நிறுவிய ஹோகோஜி கோயிலின் பெரிய புத்தர் முன்னால் அவர்களுக்கு விருந்து வைப்பது வழக்கம். அதாவது காதுமேட்டுக்குப் பக்கத்தில். தாத்தாவின் மூக்கு புதைந்திருக்கும் இடத்தில் பேரனுக்கு இலை போடுகிறார்கள். 1719-இல் வந்த தூதர்கள், இது அந்த ஆளுடைய கோயில், இங்கே கை நனைக்கமாட்டோம் என்று மறுத்தார்கள். விருந்து வைத்தவர்கள் அதற்காக வெட்கப்படவில்லை. ஒரு புத்தகத்தைக் கொண்டுவந்து நீட்டி, பாருங்கள், இந்தக் கோயிலைக் கட்டியது ஹிதேயோஷி அல்ல, பின்னால் வந்த தோகுகாவாக்கள்தான், தைரியமாகச் சாப்பிடுங்கள் என்று வாதாடினார்கள். இன்றைக்கென்றால் புத்தகம் தேட வேண்டிய அவசியம்கூட இல்லை. புறப்பாட்டுக்கு 24 மணி நேரம் முன்னதாக ரத்து செய்யாவிட்டால் பணம் திரும்பாது என்று செயலியே அவர்களுக்குப் பதில் அனுப்பிவிடும்.